முதலைக்குத் தாத்தா இல்லையாம்

போசோ செக்கோ,
சான் யுவான் மாநிலம்,
அர்ஜென்டினா.
ஏப்ரல் மாதம், செவ்வாய்க்கிழமை.

அன்பு மகள் மிர்த்தாவுக்கு,

உன் அப்பா செலெதோனியோ எழுதுவது. நானும் அம்மாவும் நலம். அந்தக் குளிர் தேசத்தில் நீயும் நலமாக இருக்க மாதா துணையிருப்பாள். நலம் விசாரிப்பு இத்துடன் முடிந்தது. இனிமேல் கோபமாகத்தான் எழுதப் போகிறேன், பாதியில் மடித்து வைத்துவிடாதே. போனிலேயே சொல்லேன் என்றாள் அம்மா. போனில் நான் வாயைத் திறப்பதற்குள் "அப்பா, அப்படி இல்லப்பா" என்று ஆரம்பித்துவிடுகிறாய். கடிதம் என்றால் நீ குறுக்கே பேச முடியாது பார், அதனால்தான் பேனாவை எடுத்தேன்.

விஷயத்துக்கு வருகிறேன். பழைய எலும்புகள் கிடக்கிற நம் பூங்காவைச் சுற்றிக் காட்டுவதற்கான என் வழிகாட்டி அட்டையை இந்த வருஷம் புதுப்பிக்கவில்லை. பூங்கா அலுவலகத்தில் எங்கள் எல்லோருக்கும் வாய்மொழித் தேர்வு வைத்தார்கள். பாஸ்குவால் தேறிவிட்டான். ஆமாம், பாஸ்குவால்தான், நேற்றுவரை எலும்புக்கும் கல்லுக்கும் வித்தியாசம் கேட்டு என் வீட்டு வாசலில் நின்றவன். நான் தேறவில்லை. இன்னொரு தடவை கூப்பிடுவார்களாம். அதிலும் கோட்டை விட்டால் வாசலில் டிக்கெட் கொடுக்கிற கூண்டில் போய் உட்கார வேண்டியதுதான். முப்பது வருஷமாக முன் காரில் ஏறி உட்கார்ந்து, பின்னால் வருகிற கார்களை எல்லாம் இழுத்துக்கொண்டு அந்தப் பள்ளத்தாக்கைச் சுற்றி வந்தவன் நான். என்னைக் கூண்டில் வைத்தால் நான் எதைப் பார்ப்பேன், உள்ளே போகிற கார்களின் பின்பக்கத்தையா?

எப்படித் தோற்றேன் என்று கேள். தேர்வு வைத்த அம்மாள் ஒரு படத்தைக் காட்டினாள். ஐந்தாம் நிறுத்தத்தில் எலும்பாகக் கிடக்கிற நம் ஒல்லிக்காலன். அவனை எனக்குத் தெரியாதா? "தோன் செலெதோனியோ, இது என்னங்க?" என்று தோன் போட்டு மரியாதையாகத்தான் கேட்டாள். "குழிப்பல்லன். முதலைக்குத் தாத்தா" என்றேன். அவள் கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தாள். "ஐயோ, குழிப்பல்லன்கிற பேரையெல்லாம் எப்பவோ தூக்கிப் போட்டாச்சுங்களே. தாத்தான்னும் சொல்லக் கூடாது. கையேட்டைப் படிக்கலையா? உங்க பொண்ணு எழுதினதுதானே?" என்று கேட்டாள். பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர்கள் எல்லாம் ஜன்னலைப் பார்க்க ஆரம்பித்தார்கள். எனக்கு மூஞ்சியை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியவில்லை.

குழிப்பல்லன் என்று நானாகவா பெயர் வைத்தேன்? உங்கள் படிப்புக்காரர்கள்தான் தலைநகரத்திலிருந்து வந்து, தாடைக் குழிக்குள் பல் இருக்கிறது, அதனால் இந்தப் பழைய கூட்டம் மொத்தத்துக்கும் அதுதான் பெயர் என்று எங்களை வரிசையாக நிற்க வைத்து ஒப்பிக்கச் சொன்னார்கள். ஒப்பித்தோம். இப்போது அதே படிப்புக்காரர்கள் வந்து, டைனோசரும் இல்லாமல் முதலையும் இல்லாமல் மிச்சம் கிடந்ததை எல்லாம் அள்ளிப் போட்ட மூட்டை அது, கூட்டமே இல்லை என்கிறார்கள். மூட்டை கட்டியது நீங்கள், தோற்றது நானா?

நீ எழுதிய கையேடு வீட்டில்தான் இருக்கிறது. அம்மா அதற்கு அட்டை போட்டு மாதா சிலைக்குப் பக்கத்தில் நிறுத்தியிருக்கிறாள். வருகிறவர் போகிறவர் எல்லோருக்கும் காட்டுவாள். என்னைத் தொட விடமாட்டாள், கையில் ஆட்டுப் பால் பிசுக்கு இருக்குமாம். தேர்வில் மூக்குடைபட்டு வந்த பிறகுதான் எடுத்துக் கொடுத்தாள், அதுவும் கையைக் கழுவச் சொல்லி.

படித்தேன். படித்த பிறகு வயிற்றெரிச்சல் இன்னும் கூடிப் போயிற்று. மூன்றாம் நிறுத்தத்துச் சப்பை மண்டையனை எடுத்துக்கொள். நீட்டு மூக்கு, தண்ணீரில் படுக்கிற உடம்பு, அச்சு அசல் முதலை. அதற்குப் பெயர் வைத்த புண்ணியவானே 'முன்முதலை' என்றுதான் வைத்தார். அது முதலைக்கு நெருங்கிய சொந்தமே இல்லை என்று நீ எழுதியிருக்கிறாய். நரி மாதிரி நெட்டைக் காலோடு காய்ந்த தரையில் ஓடிக்கொண்டிருந்த ஒல்லிக்காலன்தான் சொந்தமாம். சரி, உன் பேச்சையே வைத்துக்கொள்வோம் என்று பக்கத்தைத் திருப்பினால், 'பொய் முதலைகள்' என்று ஒரு பெரிய கூட்டம். அதற்குள் யார் யார் என்று விரலை வைத்துப் பார்த்துக்கொண்டே வருகிறேன், கடைசியில் நம் வடக்கத்தி ஆறுகளில் இன்றைக்கும் படுத்துக் கிடக்கிற முதலையும் அதற்குள்தான் இருக்கிறது! பெயர் வைத்த காலத்தில் நிஜ முதலையை வெளியே விட்டிருந்தார்கள், பிற்பாடு சொந்தம் தெரிந்து உள்ளே சேர்த்தார்கள், பெயரை மட்டும் மாற்றவில்லை என்று அடியில் பொடி எழுத்தில் போட்டிருக்கிறாய். அடி என் மகளே! நம் ஊர்ப் பாதிரியார் ஞானஸ்நானத்தில் இப்படி ஒரு வேலை செய்தால் அவரை ஊரில் இருக்க விடுவார்களா?

சொந்தக்காரன் என்கிற ஒல்லிக்காலனுக்காவது முதலை என்ற பெயரைக் கொடுத்தாயா? அதுவும் இல்லை. இன்றைக்கு உயிரோடு இருக்கிற முதலைகள், அவை எல்லாவற்றுக்கும் பொதுவான ஒரு மூதாதை, அந்த மூதாதை வழியில் பிறந்தவை, இவ்வளவுதான் முதலையாம். அதற்கு முன்னால் கிளை பிரிந்தவர்கள் எல்லாம் 'முதலை வடிவினம்' என்று வெளித் திண்ணையில் உட்கார வேண்டுமாம். மணலும் புழுதியும் வாய்க்குள் போகிற காற்றில் நின்று 'முதலை வடிவினம்' என்று நீ ஒரு தடவை கத்திப் பார், அப்புறம் என்னிடம் பேசு.

ஆனாலும் மனப்பாடம் செய்தேன். அம்மா ரொட்டிக்கு மாவு பிசைந்துகொண்டே கேள்வி கேட்பாள், நான் பதில் சொல்ல வேண்டும். நாலே நாளில் அவளுக்கு எல்லாம் வந்துவிட்டது, எனக்குத்தான் வரவில்லை. "பொய் முதலைக்குள்ள முதலை வடிவினம், முதலை வடிவினத்துக்குள்ள முதலை. ஒரு சட்டிக்குள்ள சின்னச் சட்டி, அதுக்குள்ள இன்னொரு சட்டி. இதுல என்னய்யா கஷ்டம்? பேசாம நீ கூண்டுல உக்காரு, முன் கார்ல நான் ஏறிக்கிறேன்" என்கிறாள். இந்த வீட்டில் எனக்குக் கிடைக்கிற மரியாதை இவ்வளவுதான்.

அடுத்த அவமானத்தையும் நானே சொல்லிவிடுகிறேன், பாஸ்குவால் சொல்லி உனக்குத் தெரிய வேண்டாம். பழைய அட்டை மாதக் கடைசி வரை செல்லும். புனித வாரக் கூட்டம், வாசலைத் தாண்டி கார்கள் நின்றன. கோர்தொபாவிலிருந்து வந்த ஒரு தம்பதியின் காரில் முன்னால் ஏறினேன். ஓட்டியது அந்த அம்மாள், மாட்டு வைத்தியராம். நிறுத்தத்துக்கு நிறுத்தம் நடுவில் எனக்குள்ளேயே ஒப்பித்துக்கொண்டு வந்தேன். பொய் முதலை, அதற்குள் வடிவினம், அதற்குள் முதலை, ஒல்லிக்காலன் தாத்தா இல்லை. தலையை நிமிர்த்திப் பார்த்தால் கறுப்புப் பாறைத் திருப்பம் எப்போதோ பின்னால் போய்விட்டது, நாங்கள் காய்ந்த ஆற்றுக்குள் இறங்கிக்கொண்டிருக்கிறோம். இங்கே சட்டம் உனக்குத் தெரியும். முன் காரைத் தாண்டக் கூடாது, தனியாகத் திரும்பக் கூடாது, முன் கார் எங்கே போகிறதோ அங்கே வர வேண்டும். நல்ல பிள்ளைகளாக எல்லோரும் வந்தார்கள். எல்லோரும் மணலில் புதைந்தார்கள், அச்சு வரைக்கும்.

டிராக்டரை எடுத்துக்கொண்டு வந்தது யார் என்று நினைக்கிறாய்? அந்தப் பாஸ்குவாலேதான். கரையில் நின்று இடுப்பில் கையை வைத்துக்கொண்டு, "என்ன செலே, முதலையத் தேடி ஆத்துக்கே கூட்டியாந்துட்டியா? தண்ணி விட மறந்துட்டியேப்பா!" என்றான். ஒரு சனம் பாக்கியில்லாமல் சிரித்தது. நானும் பல்லைக் காட்டிவைத்தேன், வேறென்ன செய்வது.

ஒவ்வொரு காராக இழுக்க நேரமாயிற்று. வெப்பக்காற்று வேறு. பாறை நிழலில் உட்கார்ந்தோம், மாத்தே தேநீர் கைமாறிச் சுற்றி வந்தது. அப்போது அந்த மாட்டு வைத்தியர் அம்மாள், "வழியெல்லாம் என்னமோ முணுமுணுத்துக்கிட்டே வந்தீங்களே ஐயா, அந்த ஒல்லிக்காலன் முதலைக்குத் தாத்தா இல்லேன்னா வேற என்னதாங்க?" என்று கேட்டாள். எனக்கு இருந்த கடுப்பில் கையேடு முழுக்க மறந்து போயிற்று. வாயில் வந்ததைச் சொன்னேன். "எங்க குடும்பத்துல இலாரியோன்னு ஒருத்தர் இருந்தாரும்மா. எங்க தாத்தாவோட தம்பி. கல்யாணம் இல்ல, புள்ளகுட்டி இல்ல. எங்க தாத்தா போட்டோ ஒண்ணுகூட வீட்ல இல்ல, இலாரியோ போட்டோதான் இருக்கு. அதே மூக்கு, அதே காது. அதப் பாத்துத்தான் தாத்தா இப்படி இருந்திருப்பாருன்னு நெனச்சுக்குவோம். ஆனா நாங்க யாரும் அவர் வழியில பொறக்கல. ஒல்லிக்காலன் முதலைக்கு இலாரியோ மாதிரிம்மா" என்றேன்.

அந்த அம்மாள் தொடையில் தட்டி, "அட, இப்ப புரியுது!" என்றாள். சுற்றி இருந்தவர்களுக்கும் புரிந்தது. அதைவிட முக்கியம், சொல்லி முடித்த பிறகு எனக்கே புரிந்தது. நீ பக்கம் பக்கமாக எழுதியிருப்பது இதைத்தான். தாத்தாவின் எலும்பு கிடைக்கவில்லை, தாத்தாவின் தம்பி எலும்புதான் கிடைத்திருக்கிறது. அவரைத் தாத்தா என்று கூப்பிட்டால் அது பொய். நீ சொன்னது சரி, நான் முப்பது வருஷமாகச் சொன்னது தப்பு. எழுதிவிட்டேன், போதுமா? ஆனால் சந்தோஷப்பட வேண்டிய அந்த இடத்திலும் எனக்குக் கோபம்தான் வந்தது. இதை ஒரு வரியில் முதலிலேயே அப்பாவுக்குச் சொல்லியிருக்கக் கூடாதா நீ?

நேற்று அலுவலகத்தில் கூப்பிட்டார்கள், மணல் விவகாரத்துக்கு விளக்கம் கேட்க. விளக்கம் சொன்னேன், திட்டு வாங்கினேன், அதை விடு. வெளியே வரும்போது மேஜையில் இருந்த பெண், எனக்குத் தெரிந்த விஷயம் என்று நினைத்துக்கொண்டு பேச்சுவாக்கில் சொன்னாள். "ரெண்டாவது தேர்வுக்கு உங்க பொண்ணையே கூப்பிட்டிருந்தோம். பயண ஏற்பாடெல்லாம் எங்க பொறுப்புன்னு சொன்னோம். எங்கப்பா தேர்வுல இருக்கார், நான் எப்படி உக்காந்து மதிப்பெண் போடறதுன்னு வரலேன்னு எழுதிட்டாங்க. பாவம், ரொம்ப வருத்தமா எழுதியிருந்தாங்க."

நான் அங்கேயே பெஞ்சில் உட்கார்ந்துவிட்டேன். ஐந்து வருஷம் ஆயிற்று மிர்த்தா, நீ இந்த வீட்டுக்குள் காலடி வைத்து. ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் அடுத்த வருஷம் என்கிறாய். கடைசியில் ஒரு அழைப்பு வீடு தேடி வந்திருக்கிறது, அதைத் தடுத்தது யார்? நான்! யாரைத் திட்டுவது? உன்னையா? நீ செய்தது நியாயம். பெற்ற அப்பனுக்கு மதிப்பெண் போட உட்காராதவள் என்று எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது. அலுவலகத்தையா? அவர்கள் நல்லதுதான் செய்தார்கள். திட்டுவதற்கு ஓர் ஆள் கிடைக்காமல் நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். ஒரு வார்த்தை எங்களிடம் சொல்லியிருக்கலாமே என்று மட்டும் உன்னைக் கேட்கிறேன்.

பிறகு அந்தப் பெண்ணிடம், தேர்வுக்கு வேறு யாரையாவது கூப்பிட்டாயிற்றா என்று விசாரித்தேன். இன்னும் இல்லை என்றாள். செலெதோனியோ என்று ஒருவன் தேர்வில் இல்லாவிட்டால் என் மகள் வரலாமா என்று கேட்டேன். "தாராளமா வரலாம். மத்தவங்க இருக்காங்களே" என்றாள். "அப்ப என் பேரை அடிச்சிடும்மா" என்றேன். அவள் அடிக்கவில்லை, என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். "யோசிச்சுச் சொல்லுங்க தோன் செலெதோனியோ, அடிச்சா அப்புறம் சேக்க முடியாது. அடுத்த மாசத்துலேர்ந்து கூண்டுதான்" என்றாள். அடி என்றேன். அடித்தாள். உனக்கு மறுபடி அழைப்பு எழுதுவதாகச் சொல்லியிருக்கிறாள்.

அம்மாவுக்கு இது தெரியாது. தெரிந்தால் என்னை உயிரோடு விடமாட்டாள், உன்னையும் சேர்த்துத் திட்டுவாள். நீ வருவதற்கு முன்பே எனக்குத் தனியாகத் தேர்வு வைத்தார்கள், மறுபடியும் தோற்றுப் போனேன் என்றுதான் அவளிடம் சொல்லப் போகிறேன். அவள் நம்பிவிடுவாள், அந்தக் கவலை இல்லை. நீ வந்தால் நீயும் அப்படியே சொல்.

கூண்டைப் பற்றி நீ வருத்தப்படாதே. மின்விசிறி இருக்கிறது. பாஸ்குவால் உள்ளே போகும்போது அவன் ஏறியிருக்கிற காரின் டிக்கெட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்து அவனை வெறுப்பேற்றலாம். காலையில் அந்தப் பக்கம் போய் எட்டிப் பார்த்துவிட்டு வந்தேன், நாற்காலிக்கு ஒரு கால் ஆடுகிறது, அவ்வளவுதான். அதற்கு ஒரு கட்டை வைத்துக்கொள்வேன்.

இனி நீ வராமல் இருப்பதற்குக் காரணம் எதுவும் இல்லை மகளே. இருந்த ஒன்றையும் நான் எடுத்துவிட்டேன். வா. மற்றவர்களுக்கு எல்லாம் மதிப்பெண் போட்டு முடித்துவிட்டு வீட்டுக்கு வா. வந்து சமையலறையில் உட்கார்ந்து, ஒல்லிக்காலன் முதலைக்கு என்ன உறவு என்று என்னிடம் ஒரே ஒரு தடவை கேள். சரியாகச் சொல்வேன்.

கடவுள் உன்னைக் கைவிடாமல் காக்கட்டும்.

உன்னை எதிர்பார்த்திருக்கும்,
அப்பா செலெதோனியோ