பின்சீட்டுக்கு அடியில் இருந்த நெய்ப்பந்தங்கள்

அப்பா,

உங்கள் வேனின் பின்சீட்டைத் தூக்கினேன். காறிப்போன நெய்வாடை முகத்தில் அடித்தது. பிளாஸ்டிக் பைக்குள் ஒரு கட்டுக் குச்சி. ஒவ்வொன்றின் நுனியிலும் வெள்ளைத் துணி சுற்றி முடிச்சுப் போட்டிருந்தது. நெய்ப்பந்தங்கள். தாத்தாவோ பாட்டியோ செத்தால் பேரப்பிள்ளைகள் கொளுத்திப் பிடித்துக்கொண்டு பெட்டியைச் சுற்றி வருவார்களே, அந்தப் பந்தங்கள். பள்ளிக்கூட வேனில் இதையும் ஏற்றிக்கொண்டு திரிந்த ஆள் இந்த ஊரிலேயே நீங்கள் ஒருவர்தான்.

வேனை வாங்குகிறவர் நாளை சாயங்காலம் வருகிறார். பேக்டரிக்கு ஆள் ஏற்றப் போகிறாராம். பிள்ளைகளை ஏற்றினால் வண்டி நிறையாது, ஷிப்டு ஆட்களை ஏற்றினால் நிறையும் என்று என்னிடமே சொன்னார். அதே கவலையில்தான் நீங்களும் இருந்தீர்கள்.

நாம் இருக்கும் சிலிபினில் வீடு வீடாக நின்று பிள்ளைகளை ஏற்றி, லகாட்டுக்கு அப்பால் இருக்கும் தோட்டத் தமிழ்ப் பள்ளிக்குக் கொண்டுபோவீர்கள். தோட்டத்தில் இப்போது நம் ஆட்கள் யாருமில்லை. தொழிலாளர் லயங்களை இடித்துச் செம்பனை நட்டுவிட்டார்கள். பள்ளி மட்டும் நிற்கிறது. "வேன் நெறஞ்சாத்தான் பள்ளிக்கூடம் நிக்கும்" என்பீர்கள். வருடக் கடைசியில் முதலாம் ஆண்டுக்குப் பிள்ளை தேடி, கதவு கதவாகத் தட்டுவீர்கள். பள்ளியை மறுத்து யாரும் கதவைச் சாத்தவில்லை. அந்த வயதில் பிள்ளையே இல்லை என்றுதான் சொன்னார்கள். பிள்ளை இருந்த வீட்டிலும் ஒன்றுதான் இருந்தது.

ஒரு நாள் மதியம் நானும் முன்சீட்டில் இருந்தேன். காலேஜ் லீவு. பள்ளி விட்டு வரும் வழியில் உங்களுக்குப் போன் வந்தது. லகாட்டில் ஒரு பாட்டி இறந்துவிட்டார். ஒரு மகனுக்குக் கல்யாணம் ஆகவில்லை, இன்னொரு மகனுக்குப் பிள்ளை இல்லை. "அண்ணே, ரெண்டு பிள்ளைங்களக் கொண்டாங்கண்ணே" என்று அழுகிற குரல் எனக்கே கேட்டது. ரோட்டோரம் வண்டியை நிறுத்தி, பிள்ளைகளின் அம்மாக்களுக்குப் போன் போட்டுக் கேட்டீர்கள். பிறகு பின்னால் திரும்பினீர்கள்.

"யாருக்கு ஐஸ்கிரீம் வேணும்?"

வேன் முழுக்கக் கை.

"அப்ப ஒரு பாட்டிக்குப் பந்தம் புடிச்சிட்டுப் போலாம்."

"எந்தப் பாட்டி அங்கிள்?"

"ஒங்க பாட்டிதான்லா."

"எங்க பாட்டி வீட்ல டிவி பாக்குது!"

"இன்னிக்கி மட்டும் இவங்களும் ஒன் பாட்டி. அழ வேணாம். சிரிக்காம இருந்தாப் போதும்."

சிரிக்காமல்தான் சுற்றினார்கள். பள்ளி உடுப்போடு, முன்பின் பார்த்திராத ஒரு பாட்டியின் பெட்டியைச் சுற்றினார்கள். நான் வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். நம் சனம் சாவுக்குப் பேரப்பிள்ளையை இரவல் வாங்குகிற நிலைக்கு வந்துவிட்டதே என்ற கோபம். உங்களுக்கு அந்தக் கோபம் இல்லை. திரும்பும் வழியில் உங்கள் அப்பாவின் சாவைப் பற்றிச் சொன்னீர்கள். தோட்டத்தில் பந்தம் பிடிக்க அத்தனை பிள்ளைகளாம். இடம் போதாமல், சடங்கு செய்த பண்டாரம், "மொதல்ல சுத்துனவன் வெளிய போ, அடுத்தவன் வா" என்று கத்தினாராம். லயமே தீப்பிடித்த மாதிரி இருந்ததாம்.

அதற்குப் பிறகுதான் வேனில் ஒரு கட்டுப் பந்தம் எப்போதும் இருந்தது. போன்களும் வந்துகொண்டே இருந்தன.

எனக்குக் கல்யாணம் ஆனதும் உங்கள் பார்வை என் வயிற்றுக்கு வந்தது. வாயைத் திறந்து கேட்டது ஒரே ஒரு முறை. கோவில் மண்டபத்தில் ஏதோ கூட்டம். மேடையில் ஒருவர் நம் எண்ணிக்கை தேய்கிறது, பெண்கள் கூடுதலாகப் பெற்றுக்கொள்ள வேண்டும் என்று மைக்கைப் பிடித்துக்கொண்டு முழங்கினார். வேனில் ஏறியதும் ஆரம்பித்தீர்கள்.

"சொன்னாரு கேட்டியா?"

"கேட்டேன். அவரு வீட்ல எத்தனையாம்?"

"ஒன்னுதான்லா. ஆஸ்திரேலியாவுல படிக்குது."

சிரித்துவிட்டோம். அதோடு விட்டிருக்கலாம். நீங்கள் விடவில்லை.

"வெளையாட்டு வேணாம்மா. வேன்ல ஒவ்வொரு வருசமும் சீட்டு காலியாவுது. நாளைக்கி எனக்குப் பந்தம் புடிக்கக்கூட ஆளில்ல."

"நான் பெத்தா யாருப்பா பாப்பா? அம்மா இல்ல. என் வீட்டுக்காரரு ஜொகூர்ல இருக்காரு, வாரக் கடைசியிலதான் வாராரு. எனக்குப் பேக்டரியில பன்னெண்டு மணி நேர ஷிப்டு. பிள்ளை பாக்குற தாஸ்காவுல ஆறு மணிக்குக் கதவச் சாத்திருவாங்க. நைட் ஷிப்டுக்கு எந்த தாஸ்கா தெறந்திருக்கு, சொல்லுங்க."

"எல்லாரும் வளக்கலயா? தானா வளரும்."

"அப்ப நீங்க ஏன் என்னோட நிறுத்துனீங்க?"

சிக்னலில் பச்சை விழுந்தும் நீங்கள் வண்டியை எடுக்கவில்லை. பின்னால் ஹார்ன் அடித்தார்கள். கையை மேலே காட்டினீர்கள். வேன் கூரையில், பின்சீட்டுக்கு மேலே, ஓர் இரும்புக் கொக்கி.

அந்தக் கொக்கியை ஆயிரம் தடவை பார்த்திருக்கிறேன். பை மாட்டுவதற்கு என்று நினைத்திருந்தேன். என் தொட்டில் தொங்கிய கொக்கி அது. கம்பெனி தோட்டத்தை விற்றதும் சிலிபினுக்கு வந்தீர்கள். அம்மா பேக்டரிக்குப் போனார். என்னைப் பார்க்க ஆளில்லை. பள்ளி வாசலில் வண்டியை நிறுத்திவிட்டு, கொக்கியில் சாரோங் கட்டி என்னை ஆட்டிக்கொண்டு, மணி அடிக்கக் காத்திருந்திருக்கிறீர்கள். "இன்னொரு கொக்கி மாட்ட எடமில்லம்மா" என்றீர்கள். என்னுடைய வாதத்தை உங்கள் வாயாலேயே சொல்லிவிட்டீர்கள். ஜெயித்துவிட்டோம் என்று எனக்குத் தோன்றவில்லை. கோபம் இன்னும் ஏறியது. அதைக் காட்ட எதிரே ஆள்தான் இல்லை.

தோட்டத்துக்காக நான் ஏங்கவில்லை அப்பா. அங்கே ஆயாக் கொட்டாய் இருந்தது, அம்மாக்கள் பிள்ளைகளைப் போட்டுவிட்டு வேலைக்குப் போனார்கள். வெள்ளைக்காரத் துரை அதைப் பாசத்தில் கட்டவில்லை. விடியலில் ரப்பர் மரத்தில் பால் வெட்ட அவனுக்குப் பெண்கள் வேண்டும். மரம் வெட்டுகிற கையால் அதே நேரத்தில் பிள்ளையையும் ஆட்ட முடியாது என்ற கணக்காவது அவனுக்குத் தெரிந்திருந்தது. இன்றைக்கு எங்களை வேலைக்கு வைத்திருப்பவர்களுக்கு அது தெரியாதாம். மேடையில் முழங்குகிறவர்களுக்கும் தெரியாதாம். பிள்ளை மட்டும் வேண்டுமாம்.

பிறகு அந்தக் காலை. வேன் சாவியைக் கையில் வைத்துக்கொண்டே வாசலில் சாய்ந்துவிட்டீர்கள். அடுத்த நாள் மதியம் பெட்டியை மூடுவதற்கு முன்னால் பண்டாரம் நிமிர்ந்து பார்த்தார். "பேரப்பிள்ளைங்க வாங்க."

யாரும் நகரவில்லை. தாப்பாவிலிருந்து வந்த அத்தை, உங்கள் தங்கை, வாயில் துண்டை வைத்து அழுதார். "எங்கண்ணனுக்குப் பந்தம் புடிக்க ஒன்னுகூட இல்லையே." யாரோ சொன்னார்கள், "வேன் பிள்ளைங்களக் கூப்புடுங்கலா." பிள்ளைகள் பள்ளியில் இருந்தார்கள். அவர்களை ஏற்றிவர வேண்டிய நீங்கள் பெட்டிக்குள் படுத்திருந்தீர்கள்.

"குடுங்க, நான் புடிக்கிறேன்" என்றேன்.

அத்தை என் கையைப் பிடித்தார். "மக புடிக்கிற வழக்கம் இல்லம்மா."

"பேரப்பிள்ளை இல்லாத வீட்டுக்கு என்ன வழக்கம் இருக்கு அத்தை? அதச் சொல்லுங்க, செய்றேன்."

பண்டாரம், "புடிக்கட்டும்மா, காலம் அப்பிடி ஆயிருச்சு" என்றார். அத்தை விடவில்லை. என் முகத்துக்குப் பக்கத்தில் வந்து, மெதுவாகக் கேட்டார். "முழுகாம கிழுகாம இருக்கியா? இருந்தா பொணத்தச் சுத்தக் கூடாது, பிள்ளைக்கு ஆவாது. இந்த எடத்துலயே நிக்கக் கூடாது."

"இல்ல அத்தை."

பொய். அன்று நான் முழுகாமல்தான் இருந்தேன் அப்பா. என் வீட்டுக்காரருக்கு மட்டும் தெரியும். அவரும் அத்தைக்குப் பின்னால் தலையைக் குனிந்துகொண்டு நின்றார். உண்மையைச் சொல்லியிருந்தால் என்னைப் பக்கத்து வீட்டுக்கு அனுப்பிக் கதவைச் சாத்தியிருப்பார்கள். உங்களுக்கு இருந்த ஒரே பிள்ளையும் உங்கள் பக்கத்தில் இருந்திருக்காது.

ஒரு கையில் பந்தத்தைப் பிடித்துக்கொண்டு சுற்றினேன். நெய் உருகி மணிக்கட்டில் வழிந்தது. பேரப்பிள்ளை இல்லையே என்று எல்லோரும் அழுதுகொண்டிருந்தார்கள். இருந்தது. அதற்கு அப்போது கை முளைத்திருக்குமா என்றுகூடத் தெரியவில்லை. ஆனால் உங்கள் பெட்டியைச் சுற்றி வந்தது.

உங்களிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்பீர்கள். என் கான்ட்ராக்ட் முடிகிற மாதம் அது. எங்கள் பேக்டரி லைனில் வயிறு தெரிந்தவளுக்குக் கான்ட்ராக்ட் நீட்டுவதில்லை. யாரும் வாயால் சொல்ல மாட்டார்கள். "ஆள் போதும்" என்பார்கள், அடுத்த வாரமே வேறு ஒருத்தி அந்த இடத்தில் நிற்பாள். புதுக் கான்ட்ராக்டில் கையெழுத்து ஆனதும் முதலில் உங்களிடம்தான் சொல்வதாக இருந்தேன். முன்பே சொல்லியிருந்தால் நீங்கள் வாயைக் கட்டியிருக்க மாட்டீர்கள். வேன் கதவைத் திறக்கிற ஒவ்வொரு அம்மாவிடமும் சொல்லிச் சிரித்திருப்பீர்கள். அவர்களில் சிலர் என் பேக்டரி ஆட்கள். கூட்டம் போட்டுப் பிள்ளை பெறச் சொல்கிற ஊரில், பிள்ளை வந்த சேதியைப் பெற்ற அப்பனிடம் ஒளிக்க வேண்டியிருந்தது. நீங்கள் அதைக் கேட்காமலே போய்விட்டீர்கள். இதை நான் மன்னிக்கப் போவதில்லை.

ஆட்குறைப்புப் பேச்சில் கையெழுத்தைத் தள்ளிப்போட்டார்கள். நாளைக் காலை ஆபீசில் கூப்பிட்டிருக்கிறார்கள். தொளதொள சட்டையில் இன்னும் கொஞ்ச நாள் மறைக்கலாம். ஜொகூரிலிருந்து அவர் போனில் சொல்கிறார், "நாளைக்கி ஒரு நாள் சமாளிச்சிரு, சைன் பண்ணிட்டு அப்பறம் பாத்துக்கலாம்." அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது. ஆனால் கேட்பார்கள். சூப்பர்வைசர் சிரித்துக்கொண்டே கேட்பாள். "என்ன, ஏதும் விசேசம் இருக்கா?" அத்தை கேட்ட அதே கேள்வி. அத்தையிடம் பொய் சொன்னது உங்கள் பக்கத்தில் நிற்பதற்காக. இவளிடம் யாருக்காகச் சொல்ல வேண்டும்?

இருக்கிறது என்று சொல்லப் போகிறேன். நைட் ஷிப்டில் பிள்ளையை யார் பார்ப்பார்கள், பேக்டரியிலேயே ஒரு தாஸ்கா வையுங்கள் என்றும் கேட்கப் போகிறேன். என் லைனில் எனக்குப் பக்கத்தில் நிற்கிற இரண்டு பெண்களும் கூட வருகிறேன் என்றிருக்கிறார்கள். வாசல்வரை வந்து நின்றுவிடலாம். உள்ளேயும் வரலாம். வேலை போகலாம். பயமாகத்தான் இருக்கிறது.

பந்தங்களைக் குப்பைத் தொட்டியில் போட்டுவிட்டேன் அப்பா. கோபித்துக்கொள்ளாதீர்கள். இந்தப் பிள்ளை பள்ளிக்கூடத்தின் காலி சீட்டை நிரப்புவதற்கோ, எங்கள் சாவுக்கு நெருப்புப் பிடிப்பதற்கோ வரவில்லை. அந்த வேலையெல்லாம் அதன் தலையில் கட்ட எனக்கு மனமில்லை.

கொக்கியை மட்டும் கழற்றினேன். துருப்பிடித்து இறுகியிருந்தது. ஸ்பேனரை வைத்துத் திருகித் திருகி, உள்ளங்கை சிவந்த பிறகுதான் வந்தது. நாளைக்கு ஆபீசுக்குப் போகும்போது அது என் கால்சட்டைப் பாக்கெட்டில் இருக்கும். தாஸ்கா வைக்க என்னதான் வேண்டும் என்று அவர்கள் கேட்டால், அந்தக் கொக்கியை எடுத்து மேசைமேல் வைப்பேன்.