தஞ்சாவூரில் நான் அடக்கிய சிரிப்பு

உன் ஷூ வந்து சேர்ந்தது. கனடாவிலிருந்து ஊருக்கு வந்திருக்கும் உன் மச்சினர் காலையில் ஒரு துணிப்பையைக் கொடுத்துவிட்டுக் காப்பி குடித்துப் போனார். பிரித்தால், மேடையில் நீ புடவைக்குக் கீழே போட்டுக்கொள்வாயே, அந்தக் கறுப்பு கான்வாஸ் ஷூ. ரப்பரும் ஈரமும் ஏதோ பெயர் தெரியாத சோப்பும் சேர்ந்த ஒரு வாசனை. காலில் போடுவதைச் சாமி அறைப் பக்கம் வைக்க மனம் வராமல் கொல்லைக்குக் கொண்டுபோனேன். கொண்டுபோனவள் துவைக்கிற கல்லில் உட்கார்ந்து போட்டுப் பார்த்தேன். அளவெடுத்த மாதிரி இருந்தது. அதுவும் எனக்கு எரிச்சலாகத்தான் இருந்தது.

உன் சாமான்களை ஒவ்வொருவருக்கும் ஒன்றாக உன் மகள் பிரித்துக் கொடுத்துக்கொண்டிருக்கிறாளாம். பெரியம்மாவுக்கு ஷூ என்று எப்படி முடிவு செய்தாளோ தெரியவில்லை. போன வாரம் அவளே போன் செய்து ஒன்று கேட்டாள். அவளுடைய தமிழ்தான் உனக்குத் தெரியுமே. பாதி வார்த்தை வரும், மீதியை மூச்சால் நிரப்புவாள். உன்னுடைய எல்லா நிகழ்ச்சியும் வீடியோவாக இருக்கிறதாம், தஞ்சாவூரில் நடந்தது மட்டும் இல்லையாம். கேட்டால் நீ பேச்சை மாற்றிவிடுவாயாம். “பெரியம்மா, நீங்க அங்க இருந்தீங்கல்ல? அன்னைக்கு என்ன ஆச்சு? எனக்குச் சொல்லணும்” என்றாள். சொல்கிறேன் என்று வைத்துவிட்டேன். வாரம் ஒன்று ஆகிறது. சொன்னால் அந்தப் பெண் என்னோடு பேசுவாளோ மாட்டாளோ. அவளிடம் சொல்வதற்கு முன்னால் உன்னிடம் ஒருதரம் சொல்லிப் பார்க்கிறேன்.

நம் இரண்டு பேரில் சிரிக்க வைக்கிறவள் நான்தான். இதை நீ மறுக்க மாட்டாய். எனக்குப் பதினொரு மாதம் இளையவள், சித்தப்பா மகள், வாயைத் திறந்தால் முத்து உதிர்ந்துவிடும் என்று இருந்தவள் நீ. கீழ்வேளூரைச் சுற்றி எந்தச் சொந்தக்காரர் வீட்டில் கல்யாணம் என்றாலும் நலங்கு வைக்கும்போது மாப்பிள்ளை வீட்டாரை ஏசிப் பாட என்னைத்தான் கூப்பிடுவார்கள். எழுதி வைத்துக்கொண்டு பாடுவதில்லை. எதிரில் உட்கார்ந்திருக்கும் சம்பந்தியைப் பார்ப்பேன், வரி வந்துவிடும். சின்ன அத்தை மகள் கல்யாணத்தில் தேங்காய் வியாபாரக் குடும்பம் ஒன்று மாப்பிள்ளை வீடாக வந்ததே, அன்றைக்குப் பாடினது உனக்கு மறந்திருக்காது: “பட்டுக்கோட்டை சம்பந்தி கொண்டு வந்தது பத்துத் தேங்காய், வண்டி ஏறும்போது எண்ணினால் பன்னிரண்டு.” அந்த மனுஷரே வேட்டி நுனியால் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார்.

நீ என் பக்கத்தில் மஞ்சள் தட்டோடு உட்கார்ந்திருப்பாய். உனக்கு ஒரே வேலை. நான் வரியை முடித்ததும் முதலில் சிரிக்க வேண்டும். ஏசல் என்றால் அது ஒரு கத்தி. சம்பந்தி முகம் சுளிப்பாரா சிரிப்பாரா என்று ஒரு நொடி பந்தலே மூச்சைப் பிடித்துக்கொள்ளும். அந்த நொடியில் நீ களுக்கென்று சிரிப்பாய். அதற்குப் பிறகு கோபப்பட யாராலும் முடியாது. அப்போதெல்லாம் நான் அதை ஒரு வேலையாகவே நினைக்கவில்லை. தட்டுப் பிடிப்பதைப் போல, பூ எடுத்துக் கொடுப்பதைப் போல ஒன்று என்று நினைத்தேன்.

பிறகு உன் அப்பா உன்னை நாகப்பட்டினத்துக்குக் கல்லூரிக்கு அனுப்பினார். என் அப்பா பத்தாவதோடு நிறுத்திக் கல்யாணம் செய்து வைத்தார். பக்கத்துப் பக்கத்து வீடு, நடுவில் ஒரே சுவர், இரண்டு பக்கமும் இரண்டு நியாயம். நீ பஸ் ஏறுவதைப் பார்த்தபடி நான் அடுப்பு மெழுகியிருக்கிறேன். அப்புறம் கனடா மாப்பிள்ளை வந்தார். எட்டு மாதத்தில் விசா வந்தது. நீ போய்விட்டாய்.

போனவள் அங்கே பதினோரு வருஷம் ஆஸ்பத்திரித் துணி வெளுக்கும் இடத்தில் படுக்கை விரிப்பு மடித்தாய் என்பதை நான் மறக்கவில்லை. குளிரில் விரல் நுனி வெடித்துப்போய், சாப்பிடும்போது மிளகாய் பட்டால் எரிகிறது என்று சொல்வாய். அப்போது உன் மேல் எனக்குப் பொறாமை இல்லை. ஞாயிற்றுக்கிழமை தோறும் நீ போன் செய்வாய், நான் ஊர்க்கதை சொல்வேன், நீ சிரிப்பாய். அந்தப் பதினோரு வருஷம் நாம் இரண்டு பேரும் நன்றாக இருந்தோம்.

கூட வேலை பார்க்கிறவர்களிடம் சாப்பாட்டு நேரத்தில் என் கதைகளைச் சொல்லியிருக்கிறாய். அவர்களில் ஒருத்தி உன்னை ஒரு காப்பிக் கடையின் பின்கட்டில் மைக் பிடிக்க வைத்தாள். மூன்று நிமிஷம் தனியாக நின்று கதை சொல்லிச் சிரிக்க வைத்தாய். அங்கிருந்து சின்ன அரங்கம், பெரிய அரங்கம், நம் தமிழ்ச் சனங்களின் விழா, சிங்கப்பூர், லண்டன். பேப்பரில் போட்டோ. ‘விரிப்பு மடித்த கை மைக் பிடித்தது’ என்று யாரோ எழுதியிருந்தார்கள். அந்த மைக்கில் வந்தது யார் வாய் என்று எழுதியிருந்தால் நன்றாயிருந்திருக்கும்.

உன் ஆங்கில நிகழ்ச்சிகள் எனக்குப் புரியவில்லை. அகராதி வாங்கி வைத்துக்கொண்டு, மதியம் எல்லாரும் படுத்த பிறகு, ஒரு வரி ஓடவிட்டு நிறுத்தி, ஒரு வரி ஓடவிட்டு நிறுத்தி, இரண்டு வருஷத்தில் ஆங்கிலம் கற்றுக்கொண்டேன். ஊரில் எல்லாரும் என்னை மெச்சினார்கள், இந்த வயதில் எவ்வளவு ஆர்வம் என்று. ஆர்வம் எங்கே. நீ எதையெல்லாம் எடுத்துக்கொண்டாய் என்று வேவு பார்க்கக் கற்றது அது. வீட்டுக் கணக்கு நோட்டின் கடைசிப் பக்கத்தில் இரண்டு பத்தி போட்டேன்: என்னுடையது, உன்னுடையது. நாற்பது நிமிஷ நிகழ்ச்சி ஒன்றில் என் பத்தியில் பதினாறரைக் கோடு விழுந்தது.

அதில் ஒன்று ஆற்றைப் பற்றியது. ஒரு வருஷம் ஆனி பிறந்தும் கடைமடைக்குத் தண்ணீர் வரவில்லை. நேரடி விதைப்புப் போட்ட நெல் முளைத்துக் கருகிக்கொண்டிருந்தது. போனில் நீ எப்படி இருக்கிறாய் என்று கேட்டபோது அழுகை வந்தது, அழப் பிடிக்காமல் சொன்னேன்: “ஒனக்காவது எட்டு மாசத்துல விசா வந்துச்சுடி. ஆத்துக்கு இன்னும் வரலை.” நீ வெகுநேரம் சிரித்தாய். ஆறு மாதம் கழித்து அது மேடையில் வந்தது. நீ கொஞ்சம் சேர்த்திருந்தாய். நம் ஊர் ஆறு வருஷா வருஷம் விண்ணப்பம் போடுகிறதாம், வந்தால் திரும்பிப் போவாயா என்று அதிகாரி கேட்கிறாராம், கடலுக்குப் போகிறவள் எப்படித் திரும்புவாள் என்று ஆறு முழிக்கிறதாம். கூட்டம் அந்த இடத்தில்தான் எழுந்து நின்று சிரித்தது. அதற்கு அரைக்கோடுதான் போட்டுக்கொண்டேன். கணக்கு என்றால் கணக்கு.

இன்னொன்று என்னைப் பற்றியே. என் அக்கா சாமிக்கு ஏற்றும் திரியைக்கூட எண்ணி எழுதி வைப்பாள், ஒருநாள் சாமியே வந்து ‘விடும்மா, நான் நம்புகிறேன்’ என்று சொல்லப்போகிறது என்றாய். அதைக் கேட்டு எனக்கே சிரிப்பு வந்துவிட்டது. அதுதான் தாங்க முடியவில்லை. நலங்கில் யாரை ஏசினாலும் அவர் எதிரில் உட்கார்ந்திருப்பார். நான் உன் எதிரில் இல்லை. வெள்ளைக்காரர்கள் இருந்தார்கள்.

சரி, தஞ்சாவூருக்கு வருகிறேன்.

நீ வந்து இறங்கிய அந்த வருஷமும் தண்ணீர் இல்லை. கல்யாண மண்டபத்தில் நிகழ்ச்சி. சொந்தக்காரர்கள் வேன் பிடித்து வந்திருந்தார்கள், பாதிப்பேர் உன்னைப் பார்க்க, மீதிப்பேர் ஒரு பொம்பளை மேடையேறி அப்படி என்னதான் பேசுகிறாள் என்று பார்க்க. அன்று காலை அம்மன் சன்னதியில் நான் உனக்காக வேண்டிக்கொள்ளவில்லை. இவளுக்கு இன்றைக்கு ரொம்ப நன்றாகப் போய்விடக் கூடாது தாயே என்று வேண்டினேன். ‘ரொம்ப’ என்ற வார்த்தையைப் போட்டதால் அது பாவமில்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

நீ புடவையும் கறுப்பு ஷூவுமாக மேடையில் வந்து நின்றாய். மாமியார் கதை சொன்னாய், சிரித்தார்கள். பனியில் வழுக்கி விழுந்ததைச் சொன்னாய், சிரித்தார்கள். பிறகு ஆற்றை எடுத்தாய். வேண்டாம்டி, இந்த ஊரில், இந்த மாதத்தில் வேண்டாம் என்று மனதுக்குள் சொன்னேன். மேடைக்கு எதிரே முதல் இரண்டு வரிசையும் வயல் காய்ந்து கிடக்கிறவர்கள். நீ வெகுகாலம் வெளியே இருந்துவிட்டாய். எங்கே எதைச் சொல்லலாம் என்பது உனக்கு மறந்து போயிருந்தது.

“எனக்கு எட்டு மாசத்துல விசா வந்துச்சு. எங்க ஊர் ஆத்துக்கு இன்னும் வரலைங்க.”

ஒரு சத்தம் இல்லை. மின்விசிறி சுற்றுகிறது. யாரோ தொண்டையைச் செருமினார்கள். கைகட்டி உட்கார்ந்திருந்தவர்கள் அப்படியே இருந்தார்கள். நீ அடுத்த வரிக்குப் போகவில்லை. காத்திருந்தாய். மூன்றாவது வரிசையில் என்னைப் பார்த்துக்கொண்டு காத்திருந்தாய்.

நலங்கில் நீ செய்த வேலையை இப்போது என்னிடம் கேட்கிறாய் என்று எனக்குத் தெரிந்தது. என் வயலும்தான் காய்கிறது என்று அங்கே எல்லாருக்கும் தெரியும். நான் சிரித்தால் அவர்களும் சிரிக்கலாம். சிரிப்பு வந்தது, பொய் சொல்லவில்லை, தொண்டை வரை வந்தது. என் வரி அது. எனக்கு வராமல் யாருக்கு வரும். உதட்டை இறுக்கிக்கொண்டு தலையைக் குனிந்து மடியில் இருந்த முந்தானையைச் சரிசெய்தேன். சரியாகத்தான் இருந்தது அது. நிமிரும்போது நீ வேறு எதையோ பேசிக்கொண்டிருந்தாய். அதன் பிறகு கூட்டம் உன் பக்கம் திரும்பவே இல்லை. சொன்ன நேரத்துக்கு முன்னாலேயே கும்பிட்டுவிட்டு இறங்கினாய்.

பந்தியில் என் பக்கத்து இலையில் உட்கார்ந்தாய். சோற்றைப் பிசைந்தபடியே, குரலை உயர்த்தாமல், “அக்கா, நான் ஒன்னையதான் பாத்துக்கிட்டு நின்னேன்” என்றாய்.

“மைக்கு ஒரே இரைச்சல்டி. எனக்கு சரியா காதுல விழலை.”

“ம்” என்றாய். ரசம் கொண்டு வந்தவரைக் கூப்பிட்டாய். அவ்வளவுதான். அதற்குப் பிறகும் ஞாயிற்றுக்கிழமை போன் வந்தது, நீ அதைப் பற்றி ஒரு நாளும் கேட்கவில்லை. ஆனால் அப்புறம் வந்த வீடியோக்களில் நான் தேடிப் பார்த்தேன். ஆற்றுக் கதை இல்லை. எங்கேயும் இல்லை. என் பத்தியில் அரைக்கோடு குறைந்தது. என்னுடையது என்று திருப்பிக் கொடுத்தாயா, வேண்டாம் என்று தூக்கிப் போட்டாயா, அதை இனிமேல் யாரிடம் கேட்பேன்.

உன் சாவையும் போனில்தான் பார்த்தேன். ஒருவர் மாற்றி ஒருவர் எழுந்து உன் கதைகளைச் சொன்னார்கள், பெட்டியைச் சுற்றி நின்றவர்கள் அழுதுகொண்டே சிரித்தார்கள். கடைசியில் கைதட்டினார்கள். செத்தவளுக்குக் கைதட்டல். நான் செத்தால் பாயாசம் வைத்துப் பதினாறாம் நாள் சாப்பிடுவார்கள்.

இவ்வளவும் உன்னிடம் சொல்லிப் பார்த்தது முந்தாநாள். நேற்று அந்தி விளக்கேற்றி முடித்ததும் உன் மகளைக் கூப்பிட்டேன். அங்கே அப்போதுதான் விடிந்திருந்தது. எல்லாவற்றையும் சொன்னேன். கூட்டத்து மேல தப்பில்லை, வரி மேலயும் தப்பில்லை, உங்க அம்மா எல்லா ஊர்லயும் சொன்ன வரிதான், நான் ஒருத்தி சிரிச்சிருந்தா அது எழுந்திருக்கும், நான் சிரிக்கலை என்றேன். ஏன் பெரியம்மா என்றாள்.

“பொறாமைம்மா.”

அவளுக்கு அந்த வார்த்தை தெரியவில்லை. அப்படின்னா என்ன என்றாள். அகராதியில் படித்த ஆங்கிலச் சொல் எனக்குத் தெரியும். அதைச் சொல்லிவிட்டு வைத்திருக்கலாம். சொல்லவில்லை.

“உங்க அம்மாகிட்ட இருக்கறது எனக்கு வேணும்னு தோணுறது. அது கெடைக்காட்டியும் போவுது, அவகிட்டயும் இருக்கக் கூடாதுன்னு தோணுறது. அப்புறம் அவளுக்கு நெசமாவே இல்லாம போச்சுன்னா, அய்யோன்னு கெடந்து துடிக்கிறது. மூணும் ஒரே ஆளுக்கு, ஒரே நேரத்துல.”

அவள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு ஒன்று கேட்டாள். உன் வருஷ நினைவுக்கு ஒரு அரங்கம் எடுத்திருக்கிறார்களாம். உன்னோடு மேடை ஏறியவர்கள் எல்லாரும் வருகிறார்களாம். இப்போது சொன்னதை அப்படியே என் குரலில் பதிந்து அனுப்பினால் அங்கே போடலாமா என்றாள். எல்லார் முன்னாலும். உன் மகள்தான், சந்தேகமே இல்லை. ஒருத்தி நெஞ்சைப் பிளந்து வைத்தால், இது மேடைக்கு ஆகுமா என்று பார்க்கிறாள்.

எனக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. எத்தனை பேர் வருவாங்க என்று கேட்டேன். சொன்னாள். பெரிய அரங்கம்தான். சரி என்றேன்.

இன்று பதிந்து அனுப்பிவிட்டேன். மூன்று தடவை அழித்து நான்காவது தடவை. ‘மூணும் ஒரே ஆளுக்கு’ என்ற இடத்தில் சிரிப்பார்களா, அல்லது முன்வரிசை கைகட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்குமா என்று பதிந்ததை மறுபடி மறுபடி போட்டுக் கேட்கிறேன். நான் அங்கே இருக்க மாட்டேன், யார் முகத்தையும் பார்க்க முடியாது. நீ எத்தனை ஊரில், எத்தனை வருஷம் இந்தக் கேள்வியோடு போய் நின்றிருக்கிறாய். அதையும் நீதான் எனக்கு முன்னால் செய்தாய்.

உன்னை நினைத்து எல்லாரும் அழுகிறார்கள். எனக்கு நேராக அழுகை வருவதில்லை. முதலில் எரிச்சல் வருகிறது, அதற்குப் பின்னால்தான் நீ வருகிறாய். கோயிலில் நின்று இதை எடுத்துவிடு தாயே என்று எத்தனையோ முறை கேட்டிருக்கிறேன். இப்போது கேட்பதை நிறுத்திவிட்டேன். அது போய்விட்டால் நீ வருவதற்கு எனக்குள் வேறு வழி இல்லை.