கடைசி ஆளாய் நடந்தவளுக்கு

என் நசீமா ராத்தா,

இந்த வருடமும் பூநாரைகள் வந்துவிட்டன. உனக்கு எழுத உட்கார்ந்தால் இதைத்தானே முதலில் சொல்ல வேண்டும்? நீ ஐப்பசியில் போனாய். கார்த்திகை மழை கொஞ்சம் விட்டதும் அவை வந்து இறங்கின. இன்னும் ஒரு மாதம் பொறுத்திருக்கக் கூடாதா என்று உன்மேல் வந்த கோபம் எனக்கு இன்னும் முழுதாய் ஆறவில்லை.

ஆனால் அழுவதற்காக இதை எழுதவில்லை. இங்கே ஒரு சண்டை நடந்தது. அதில் முதலில் நான் மடைத்தனமாய்த் தோற்றேன். பிறகு தோற்க முடியாது என்று நின்றேன். இதையெல்லாம் உன்னிடம் சொல்லாமல் அந்தச் சண்டை முடிந்ததாகவே எனக்குத் தோன்றவில்லை.

நாம் சந்தித்த கதை உனக்குத் தெரியும். தெரியாதவர்களும் வாசிப்பார்கள் என்பதால் சொல்கிறேன். அது சாவகச்சேரிக்குப் போகும் காலை பஸ். நான் இணுவிலிலிருந்து யாழ்ப்பாண ரவுனுக்கு வந்து, அங்கே பஸ் மாறிக் கூட்டுறவுச் சங்கக்கடை வேலைக்குப் போகிறவள். நீ சாவகச்சேரியில் ஒரு பள்ளிக்கூடத்தில் கணக்குப் படிப்பிக்கிறவள். பஸ் நாவற்குழிப் பாலத்தில் ஏறியபோது எல்லாரும் போனைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் வெளியே பார்த்து, "அம்மாடி, எத்தினை கொக்கு!" என்று வாய்விட்டுச் சொல்லிவிட்டேன். பக்கத்து இருக்கையிலிருந்து நீ திரும்பினாய்.

"கொக்கு இல்லைத் தங்கச்சி, பூநாரை. வடிவாப் பாருங்கோ, தலையைக் கவிட்டு வைச்சுத்தான் சாப்பிடும்."

அது புத்தளத்தில் நீ படித்த பாடம். தொண்ணூறில் ஆயுதம் ஏந்திய இயக்கம் யாழ்ப்பாணத்து முஸ்லிம் சனம் முழுவதையும் வெளியேறச் சொன்னபோது உனக்குப் பதின்மூன்று வயது. புத்தளத்தில் நீங்கள் இருந்த ஓலைக் கொட்டிலுக்குப் பின்னால் கடல்நீர் தேங்கும் களப்பு, களப்பில் இந்தப் பறவைகள். விளையாட வேறொன்றும் இல்லாததால் அவற்றை எண்ணிக்கொண்டிருந்தாயாம். இருபது வருடம் கழித்துத் திரும்பி வந்தபோது உங்கள் வீட்டுக்குக் கூரை இல்லை. ஆனால் இங்கேயும் களப்பில் அதே பறவைகள் நின்றன.

"இதுகள் புத்தளம், மன்னார், யாழ்ப்பாணம் எண்டு நினைச்சபாட்டுக்குத் திரியுதுகள், மலர். ஆரும் இதுகளைப் போ எண்டு சொல்லேலாது" என்றாய்.

நீங்கள் போன அன்று எங்கள் ஊர்ச் சனம் ஏன் வாய் திறக்கவில்லை என்று நீ என்னிடம் ஒருநாளும் கேட்டதில்லை. ஏன் ராத்தா கேட்கவில்லை? கேட்டிருந்தால் நான் என்ன சொல்லியிருப்பேன் என்று இப்போதும் யோசித்துப் பார்க்கிறேன். 

உன் தங்கைமார் கூப்பிடுவதைக் கேட்டு நானும் 'ராத்தா' என்று தொடங்கினேன். 'நீங்கள்' எப்போது 'நீ' ஆனது என்பதும் ஞாபகம் இருக்கிறது. தென்மராட்சிக் கரையில் முதல் தடவை இறங்கியபோது என் செருப்பைச் சேறு விழுங்கிவிட்டது. நீ வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாய். "சிரிக்காதை, கையைத் தா!" என்று கத்தினேன். அதற்குப் பிறகு மரியாதை எங்கே இருந்தது?

அப்படித்தான் ஞாயிற்றுக்கிழமைக் காலையில் குருவி பார்க்கும் நடை தொடங்கியது. ரவுனிலிருந்து வருகிறவர்கள் ஆறு பேர், வழிகாட்ட நாங்கள் இரண்டு பேர். பனங்கூடலுக்குள்ளால் போய், தண்ணீருக்குள் வேர் விட்ட கண்டல் பற்றைகளைத் தாண்டி, களப்பின் ஓரத்தில் ஒரு மணித்தியாலம் பேசாமல் நிற்பது. இவ்வளவுதான் எங்கள் சுற்றுலா. வெள்ளைச் சட்டை கூடாது, வாசனைத் தைலம் கூடாது, குருவி வரும் என்று எவருக்கும் வாக்குக் கொடுக்கக் கூடாது. "குருவி எங்களிட்டைச் சம்பளத்துக்கு நிக்கேல்லை" என்பாய்.

நான் முன்னால் நடப்பேன். நீ எப்போதும் கடைசி ஆள். அதற்கு உன்னிடம் ஒரு கணக்கு இருந்தது. முன்னுக்குப் போகிறவள் குருவியைப் பார்க்க வேண்டும், பின்னுக்கு வருகிறவள் மனுசரைப் பார்க்க வேண்டும். யாராவது கதைத்தால், கையை வீசினால், மடித்த கறுப்புக் குடையை உயர்த்துவாய். குடை உயர்ந்தால் எல்லாரும் நின்றுவிட வேண்டும், நான் உட்பட.

இரண்டு பொம்பிளைகள் விடியக் காலையில் அந்நிய ஆட்களோடு பற்றைக்குள் திரிகிறார்கள் என்று ஊர் கதைத்தது. ஒருநாள் ஒரு பெரியவர் வழியில் மறித்து, இனி இந்தப் பக்கம் வரவேண்டாம் என்று உனக்கு மட்டும் சொன்னார். எனக்குச் சொல்லவில்லை. ஏன் என்று நம் இரண்டு பேருக்கும் விளங்கியது. நீ குரலை உயர்த்தவில்லை.

"ஐயா, போ எண்டு சொல்ல ஒருக்காப் போனனான். ஒருக்காப் போனது காணும், இனிப் போகமாட்டன்."

அடுத்த ஞாயிறு அவருடைய வீட்டுப் படலையைத் தாண்டும்போது குடையை விரித்துப் பிடித்துக்கொண்டு வந்தாய். மழையும் இல்லை, வெயிலும் இல்லை. என்னால் சிரிப்பை அடக்க முடியவில்லை.

வைத்தியசாலையில் கடைசியாகப் பார்த்தபோது உன் குரல் சரியாக வரவில்லை. குனிந்து கேட்டேன். "ஆறு பேர். ஏழாக்கிப்போடாதை" என்றாய். உன் ஜனாஸா வாசலால் போனபோது பெண்களோடு உள்ளே நின்ற நான் அதைத்தான் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டேன். பிறகு என்ன செய்தேன் தெரியுமா? இருபத்திரண்டு ஆக்கினேன்.

கரையில் புதிதாய் எழும்பியிருக்கிற விடுதியை நீ பார்த்திருக்கிறாய். அதன் முதலாளி சங்கக்கடைக்கே வந்தார். "ஆறு பேரை வைச்சு என்னக்கா செய்யப் போறியள்? உங்கடை சிநேகிதியின்ரை பேரிலை பெரிசாச் செய்வம். அவவுக்கும் ஒரு மரியாதைதானே" என்றார். உன் பெயரைச் சொன்னதும் நான் இளகிவிட்டேன். நீ செத்து இரண்டு மாதம் ஆகியிருந்தது. உன் பெயரை வேறு எவரும் என்னிடம் சொல்வதில்லை. சரி என்றேன்.

குறித்த ஞாயிறு வான் வண்டியில் வந்து இறங்கிய இருபத்திரண்டு பேரும் விடுதி கொடுத்த சட்டை போட்டிருந்தார்கள். வெள்ளைச் சட்டை. நெஞ்சில் 'நசீமா நினைவு நடை' என்று எழுத்து. ஆறு வருடமாய் வெள்ளைச் சட்டைக்காரரைப் பஸ்சில் திருப்பி அனுப்பிய நான், அதில் உன் பெயரைப் பார்த்ததும் அவர்களைக் கூட்டிக்கொண்டு நடந்தேன். அதைவிடப் பெரிய பிழை, பின்னால் எவரையும் விடவில்லை. உன் இடத்தில் இன்னொருவரை நிறுத்த மனம் வரவில்லை. அதை அப்படியே வெறுமையாய் விடுவதுதான் உனக்குச் செய்யும் மரியாதை என்று நினைத்தேன். உன்னை அறிந்தவள் செய்கிற வேலையா இது?

களப்பில் பூநாரைகள் ஒரு கூட்டமாய்த் தலை கவிழ்த்து மேய்ந்துகொண்டிருந்தன. வரிசையின் பின்னால், என் கண்ணுக்கு எட்டாத இடத்தில் நின்ற யாரோ, பறந்தால் படம் நன்றாய் வரும் என்று கையைத் தட்டினார்கள். ஒருவர் தட்ட மற்றவர்களும் தட்டினார்கள். முழுக் கூட்டமும் எழும்பியது. "ஆகா" என்று எல்லாரும் ஆரவாரித்தார்கள். எவ்வளவோ தூரம் பறந்து வந்து, வயிறு நிரப்பக் குனிந்து நின்ற பறவைகள் அவை. அன்று அவை திரும்பி இறங்கவில்லை. அடுத்த ஞாயிறும் இல்லை. எனக்கு வந்த வெட்கத்துக்கு அளவே இல்லை, ராத்தா.

விடுதிக்குப் போனேன். முதலாளி சந்தோஷமாய் வரவேற்றார். அடுத்ததற்கு நாற்பது பேராம், பூநாரை நிச்சயம் என்று விளம்பரமும் போட்டாயிற்றாம்.

"இனி இல்லை. சட்டையிலை இருக்கிற பேரையும் எடுத்துவிடுங்கோ" என்றேன்.

"பேர் என்ன உங்கடை சொத்தோ?"

"ஓம். என்ரை ராத்தாவின்ரை பேர் என்ரை சொத்துத்தான்."

சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். பார்க்கட்டும் என்று நின்றேன். அவருடைய முகம் மாறியது. "அப்ப எங்கடை காணிக்குள்ளாலை எப்பிடிப் போறியள் எண்டு பாப்பம்" என்றார்.

வெறும் வாய்ச்சொல் இல்லை. அந்தக் கிழமைக்குள்ளேயே பனங்கூடல் பாதையின் குறுக்கே கொங்கிறீட் தூண் நட்டு முள்ளுக்கம்பி அடித்துவிட்டார்கள். ஞாயிறு காலை ஆறு பேரோடு போய் அதன் முன்னால் நின்றேன். கையில் உன் குடை. உன் வீட்டுக்காரர்தான் கொண்டுவந்து தந்திருந்தார். "இது சும்மா தொங்குது, பிள்ளை. அவ இருந்தா ஏசுவா" என்றார்.

திரும்பிப் போகலாம் என்று ஒருவர் மெதுவாய்ச் சொன்னார். அப்போதுதான் அந்தோனி அண்ணை இறால் வலையைத் தோளில் போட்டுக்கொண்டு களப்புப் பக்கமிருந்து ஏறி வந்தார். நாங்கள் நடக்கும்போதெல்லாம் தூரத்தில் இடுப்பளவு தண்ணீரில் நின்று கையைக் காட்டுவாரே, அவர்தான்.

"ஏன் பிள்ளை, செத்த வீட்டுக்கு வந்த ஆக்கள் மாதிரி எல்லாரும் நிக்கிறியள்?"

"பாதையை அடைச்சுப்போட்டினம், அண்ணை."

அவர் வேலியை மேலும் கீழும் பார்த்தார். "பாதையைத்தானே அடைச்சவை? களப்பை ஆர் அடைச்சது? செருப்பைக் கழட்டிப்போட்டு என்ரை பின்னாலை வாங்கோ. சேறு முழங்கால் மட்டும் வரும். வழுக்கினா என்னைப் பிடிக்காதையுங்கோ, நானும் விழுவன்."

அவர் முன்னால் இறங்கினார். ஆறு பேரும் ஒருவர் பின் ஒருவராய் இறங்கினார்கள். நான் இறங்கத் திரும்பியபோது மிச்சம் இருந்தது ஒரே ஒரு இடம்தான். உன் இடம்.

வங்கியில் வேலை செய்கிற ஒரு அம்மா விழுந்து எழும்பினார். இருபது நிமிடம் உழக்கிய பிறகு கண்டலின் மறுபக்கம் வந்தோம். அங்கே பூநாரைகள் நின்றன. அவை எங்கேயும் போகவில்லை, ராத்தா. வேலியிலிருந்து தள்ளி, சேற்றுக்கு இந்தப் பக்கம் வந்திருந்தன. நாங்கள் சேறு பூசி நின்றதாலோ என்னவோ, ஒன்றுகூடத் தலையை நிமிர்த்தவில்லை. முன்னால் நின்றவர்கள் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் உன் கணக்குப்படி அவர்களுடைய முதுகுகளைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்போது பின்னால் சருகு அசைந்தது.

ஆறு வருடமாய் நீ நரி கண்டேன், நரி கண்டேன் என்பாய். ஆட்கள் கடந்த பிறகு, வந்த வழியைக் குறுக்கே வெட்டிக்கொண்டு போகும் என்பாய். "நல்லாப் புளுகு" என்பேன். ஒருநாளும் நான் கண்டதில்லை. முன்னால் போகிறவளுக்கு எப்படித் தெரியும்? எங்கள் காலடிகளில் இன்னும் தண்ணீர் ஊறிக்கொண்டிருந்த சேற்றின் ஓரத்தில் அது நின்றது. மெலிந்த உடம்பு, மண் நிறம், நனைந்த வால். ஒரு காலடியை மோந்து பார்த்துவிட்டு நிமிர்ந்து என்னைப் பார்த்தது. எனக்கு முன்னால் நின்றவரின் தோளை மெல்லத் தொட்டுவிட்டுக் குடையை உயர்த்தினேன். ஆறு பேரும் அந்தோனி அண்ணையும் சத்தமில்லாமல் திரும்பினார்கள்.

மறுநாள் என் சிரிப்பைப் பார்த்துச் சங்கக்கடை மனேச்சர், "என்ன, நரி முகத்திலை முழிச்சனீரோ?" என்று கேட்டார். "இல்லை, நரிதான் என்ரை முகத்திலை முழிச்சது" என்றேன். அவருக்கு விளங்கவில்லை. உனக்கு விளங்கும்.

புளுகு என்று சொன்னதற்கு மன்னித்துக்கொள்.

வேலி இன்னும் நிற்கிறது. முதலாளி அதற்குப் பின்னால் நின்று எங்களைப் படம் எடுக்கிறார், எடுக்கட்டும். அவருடைய வேலி ஓரமாய்ச் சேற்றுக்குள் இறங்கும்போது நானும் குடையை விரித்துப் பிடித்துக்கொண்டுதான் போகிறேன். மழையும் இல்லை, வெயிலும் இல்லை.

உன் இடத்தை ஒருக்கா விட்டது காணும், ராத்தா. அந்தோனி அண்ணை முன்னால். நடுவில் ஆறு பேர், ஏழு இல்லை. இந்தக் கால் சேற்றிலிருந்து எழும்பும் வரை ஞாயிறு தவறாது. உன் இடம் இனி ஒருநாளும் வெறுமையாய் இருக்காது. அதில் நான் வருகிறேன்.

கடைசி ஆளாய்,
உன் தங்கச்சி மலர்