அந்தரத்தில் தொங்குகிறவன் பெயர் என்ன?

சிஞ்ச்வட்,
24-4-1963

அன்புள்ள காக்காவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். உம்மா, வாப்பா, நீ எல்லோரும் சுகம் என்று நானே வைத்துக்கொண்டு விஷயத்துக்கு வருகிறேன். அவ்வளவு அவசரம். கால் மணி நேரம் முன்னால் பிறந்த ஒரே காரணத்துக்காக உன்னைக் காக்கா என்று கூப்பிட வைத்தார்களே, அந்தக் கால் மணி நேரம் தனியாகக் கிடந்தபோது "நான்" என்று உனக்குத் தோன்றியதா? சிரிக்காதே. நேற்றிலிருந்து எனக்கு வேறு யோசனையே இல்லை.

பூனாவில் கோடை வந்தால் சாயங்காலம் சொற்பொழிவு வைப்பார்கள். சினிமாவுக்கு வருகிற மாதிரி ஜனம் வரும். இந்த வருஷம் ஒரு புரொபசர் ஐந்து நாள் பேசுகிறார். தலைப்பு "மீ கோண்?", நான் யார் என்று அர்த்தம். சொன்னது மும்தாஜ். கல்லூரியில் தத்துவம் படிக்கிறவள் அல்லவா? அவளுடைய வாப்பா அப்துல் காதர் மாமா கடையை அடைத்துவிட்டு வந்து எங்கள் இருவருக்கும் நடுவில் உட்காருவார். பத்து நிமிஷத்தில் குறட்டை. காற்று நன்றாக வருகிறதாம்.

முதல் நாளே ஒரு ஹக்கீம், அந்தக் கால வைத்தியர், சொன்ன கதை. ஆயிரம் வருஷத்துக்கு முன்னால் புகாராப் பக்கம் இருந்தவராம். ஒருவனை அந்தரத்தில் படைத்ததாக நினைத்துக்கொள்ளச் சொல்கிறார். கண் மூடியிருக்கிறது. கால் தரையில் படவில்லை. கையும் கையும்கூடத் தொடவில்லை. தனக்கு உடம்பு இருப்பதே அவனுக்குத் தெரியாது. ஆனாலும் தான் இருப்பது தெரியும்! காக்கா, எனக்குப் புல்லரித்துவிட்டது. கேள்வி நேரத்தில் எழுந்து, உடைந்த மராத்தியில், "அவனுக்குத் தன் பெயர் தெரியுமா?" என்று கேட்டேன்.

புரொபசர் மேசையைத் தட்டினார். "தெரியாது. பெயர் மற்றவர்கள் கொடுப்பது. நல்ல கேள்வி, உங்கள் பெயர் என்ன?" என்றார்.

வாயைத் திறக்கிறேன், பெயர் வரவில்லை. ஹமீது என்று சொல்ல வேண்டும். ஆறு வருஷமாக அதைத்தானே சொல்கிறேன். உனக்கு வந்த வேலை, நீ காமாலையில் படுத்துக் கிடந்தாய், முகம் ஒன்றுதானே என்று வாப்பா உன் எஸ்.எஸ்.எல்.சி. சர்டிபிகேட்டை என் பையில் வைத்து ரயில் ஏற்றினார். அன்றிலிருந்து கம்பெனியில் ஹமீது, மும்தாஜுக்கும் ஹமீது. கணக்கில் மூன்று தடவை பெயிலான இந்தக் கவுஸை இந்த ஊரில் ஒருவருக்கும் தெரியாது. இருநூறு பேர் திரும்பிப் பார்க்கிறார்கள். "என்ன, பேர் மறந்து போச்சா?" என்று மும்தாஜ் கேட்டாள். கூட்டம் சிரித்தது. நானும் சிரித்தேன்.

ஆகஸ்டில் மும்தாஜோடு நிக்காஹ். இன்னார் மகன் இன்னார் என்று காஜி கேட்கும்போதும் இப்படி நின்றால்? உடனே பதில் எழுது.

உன் தம்பி
கவுஸ்

(உறைமேல் வழக்கம்போல உன் பெயரையே எழுது.)


அதிராம்பட்டினம்,
1-5-1963

அன்புத் தம்பி கவுஸுக்கு,

வஅலைக்கும் ஸலாம். இங்கே எல்லோரும் சுகம். உன் கடிதத்தை உம்மாவுக்கு வாசித்தேன். "புள்ளைக்கு யாரு கண்ணு பட்டுச்சோ, ஓதி ஊதணும்" என்றார்கள்.

அந்தரத்தில் தொங்குகிறவனைத் தேடிப் புகாராவரை போவானேன்? அதிராம்பட்டினத்திலேயே உன் காக்கா இருக்கிறேன். "தங்கள் மகன் ஹமீதுக்கு என் மகளைத் தர" என்று அப்துல் காதர் மாமா எழுதிய கடிதத்தை வாப்பா கண்ணாடி இல்லாமல் பள்ளிவாசலில் வைத்து யாரிடமோ வாசிக்கக் கொடுத்துவிட்டார். ஜும்ஆ முடிந்ததும் மூன்று பேர் எனக்குக் கல்யாண முபாரக் சொன்னார்கள். நானும் தலையை ஆட்டினேன், வேறென்ன செய்ய? போன வருஷம் சிறந்த தொழிலாளி என்று உன் கம்பெனி கொடுத்த பத்திரத்தில் ஹமீது என்று போட்டிருக்கிறதே, அதைக் கண்ணாடி போட்டு மாட்டியிருக்கிறார். வருகிறவர்கள் படித்துவிட்டு என் முதுகில் தட்டுகிறார்கள். முதலில் வேடிக்கையாக இருந்தது. இப்போது அதன் கீழே உட்கார்ந்து சோறு தின்னப் பிடிக்கவில்லை. என் பெயரில் ஒரு கெட்டிக்காரன் பூனாவில் இருக்கிறான். நான் இங்கே வாப்பா கடையில் பொட்டலம் மடிக்கிறேன்.

கூட்டுறவுச் சங்கத்தில் குமாஸ்தா வேலை காலி. சர்டிபிகேட் கேட்கிறார்கள். அசல் உன் கம்பெனி பீரோவில் இருப்பது தெரியும். கேட்க வெட்கமாக இருக்கிறது, கேட்கிறேன். உன் வேலைக்கு ஆபத்து என்றால் வேண்டாம். இரண்டையும் ஒரே மூச்சில் எழுதுகிறேன், எது என் மனசு என்று எனக்கே தெரியவில்லை.

நிக்காஹ் விஷயம்: ஹமீது என்று சொல்லி நீ கபூல் என்று சம்மதித்தால் அந்தப் பெண் யாருக்குச் சம்சாரம்? எனக்கு மராத்தி வராது, தம்பி.

உன் காக்கா
ஹமீது


சிஞ்ச்வட்,
9-5-1963

அன்புள்ள காக்காவுக்கு,

ஸலாம். உன் கடிதம் சட்டைப் பையிலேயே இருக்கிறது. மிச்சம் நாலு நாள் சொற்பொழிவையும் கேட்டுவிட்டேன், தலை கிறுகிறுக்கிறது!

ஒரு பிரெஞ்சுக்காரர் கதகதப்பான அறையில் உட்கார்ந்து உலகத்தையே சந்தேகப்பட்டாராம். சந்தேகப்படுகிற ஆள் இருப்பதை மட்டும் சந்தேகப்பட முடியவில்லை. மறுநாள் ஒரு பிக்கு. ஒரு யவன ராஜாவிடம், நீ ஏறி வந்த தேர் எது, சக்கரமா, அச்சா, நுகமா என்று கேட்டு மடக்கிவிட்டார். காலையில் நான் லேத் மெஷின் முன்னால் நின்று, இரும்பைக் கவ்வுகிற சக்கைப் பார்க்கிறேன், மோட்டாரைப் பார்க்கிறேன். "என்னடா தேடறே?" என்றார் போர்மன் அந்தோணி. "லேத்த தேடறேன்" என்றேன். ஒரு மாதிரியாகப் பார்த்துவிட்டுப் போனார்.

ஸ்காட்லாந்துக்காரர் ஒருவர் தனக்குள்ளேயே நுழைந்து தேடினாராம். சூடு, குளிர், ஆசை, கோபம்தான் இருந்தன, "நான்" அகப்படவில்லை. நானும் லோக்கல் ரயிலில் கண்ணை மூடித் தேடினேன். பசி இருந்தது, இரும்புத்தூள் அரிப்பு இருந்தது, மும்தாஜின் சிரிப்பு இருந்தது. சரி, கண்ணாடியில் தேடலாம் என்றால் அங்கே நீ நிற்கிறாய்! இதில் இறங்க வேண்டிய ஸ்டேஷனையும் விட்டுவிட்டேன்.

கடைசி நாள் ஒரு ஜெர்மன்காரர். இன்னொருவன் நம்மை ஓர் ஆள் என்று ஒப்புக்கொண்டால்தான் நமக்கே நாம் ஆளாகிறோம் என்பது அவர் கட்சி. அங்கேதான் எனக்குச் சுரீரென்றது. இந்த ஊரில் என்னை ஒப்புக்கொண்டவர்கள் எல்லோரும் உன்னை ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். அங்கே உன்னைத் தட்டிக்கொடுப்பவர்கள் என்னைத் தட்டிக்கொடுக்கிறார்கள். உண்மையில் இரண்டு பேருமே யாருக்கும் தெரியாதவர்கள். இது போதும். கம்பெனியில் சொல்லி உன் சர்டிபிகேட்டை வாங்குகிறேன். அப்புறம் மும்தாஜிடம் சொல்கிறேன். இவ்வளவு சந்தோஷமாக நான் இருந்ததே இல்லை.

உன் தம்பி
கவுஸ்


சிஞ்ச்வட்,
2-6-1963

அன்புள்ள காக்காவுக்கு,

சர்டிபிகேட்டை ரிஜிஸ்தர் தபாலில் அனுப்பியிருக்கிறேன். மானேஜர் சந்திரமௌலி சார் கூரை அதிரக் கத்தினார். போலீஸ் என்றார், வெளியே போ என்றார். பத்து நாள் வெளியேதான் இருந்தேன். அந்தோணிதான் போய், "பேரு எதுவா வேணா இருக்கட்டும் சார், அந்தக் கை எனக்கு வேணும்" என்று மல்லுக்கட்டியிருக்கிறார். பழைய சர்வீஸ் போய்விட்டது. போன வாரத்திலிருந்து புதிய ஹெல்பர். ஆஜர் புத்தகத்தில் "கவுஸ்" என்று எழுதியதைத் தொட்டுப் பார்த்தேன், மை விரலில் ஒட்டிக்கொண்டது.

அதே சூட்டில் மும்தாஜ் வீட்டுக்குப் போனேன். மாமாவை வைத்துக்கொண்டே எல்லாவற்றையும் சொன்னேன்.

"ஹமீது இல்லேன்னா, மக் கோண், வேற யாரு?" என்றாள்.

"கவுஸ்."

முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டாள். பிறகு, "நிச்சயம் ஆன நாள்லேந்து அஞ்சு வக்தும் தொழுதுட்டு ஹமீதுக்கு துஆ கேட்டேன். ஹமீதுக்கு நல்ல தபியத் குடு, ஹமீதுக்கு நல்ல நௌக்ரி குடுன்னு. அதெல்லாம் எங்க போச்சு?" என்றாள். (தபியத் என்றால் உடம்புச் சுகம், நௌக்ரி என்றால் உத்தியோகம்.)

"அல்லாவுக்குத் தெரியாதாம்மா, யாருக்குக் கேட்டேன்னு?" என்றார் மாமா.

"அவனுக்குத் தெரியும். எனக்குத் தெரியலையே" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள். கதவு சாத்திக்கொண்டது. இரண்டு தடவை போய்ப் பார்த்தேன், வெளியே வரவில்லை. அவள் முடிவுதான் என் முடிவு என்கிறார் மாமா. அவளுடைய கேள்விக்கு அந்த ஐந்து நாளில் யாரும் பதில் சொல்லவில்லை. இவள் வேண்டாம் என்றுவிட்டால் எனக்கு என் பெயர் இருந்து என்ன, காக்கா?

கவுஸ்


அதிராம்பட்டினம்,
12-6-1963

அன்புத் தம்பி கவுஸுக்கு,

இதை மும்தாஜ் வீட்டுக்கு எடுத்துப்போய், கதவுக்கு வெளியே நின்றாவது உரக்க வாசி.

உனக்கு ஒன்றை மறைத்தேன். பிப்ரவரியில் எனக்கு டைபாய்டு. இருபத்திரண்டு நாள். நடுவில் ஒரு ராத்திரி உம்மா என் காதில் கடைசிக் கலிமாவே சொல்லிவிட்டார்கள். உனக்கு எழுதக்கூடாது என்று நான்தான் சத்தியம் வாங்கினேன். நிச்சயமான சந்தோஷத்தில் இருக்கிறவனை ஓடி வர வைப்பானேன்? பிழைத்து எழுந்தேன். எப்படி என்று வைத்தியருக்கே ஆச்சரியம். நேற்று கூட்டுறவுச் சங்கத்திலும் எடுத்துக்கொண்டார்கள்.

அந்தப் பெண்ணிடம் சொல். தபியத்தும் நௌக்ரியும் கேட்டாளாமே, இரண்டும் பெயர் தவறாமல் இங்கே வந்து சேர்ந்துவிட்டன. நான் அனுபவித்துவிட்டேன், திருப்பி அனுப்ப வழியில்லை. ஹமீதுக்குப் போதும். இனிமேல் கவுஸுக்குக் கேட்கலாமா என்று கேட்டுப் பார்.

உன் காக்கா
ஹமீது


பூனா கேம்ப்,
21-6-1963

பெரிய மச்சானுக்கு,

ஸலாம். எனக்குத் தமிழ் எழுத சரியா வராது, தப்பு இருந்தா மாஃப் பண்ணுங்க. இன்னிக்கு விடியல்ல ஃபஜ்ர் தொழுதுட்டுப் பேர் மாத்திக் கேட்டேன். பழக்க தோஷம், முதல்ல உங்க பேர்தான் வாயில வந்துச்சு. வந்ததை ஏன் வாபஸ் வாங்கணும்னு ரெண்டு பேருக்கும் கேட்டுட்டேன். ஆகஸ்டுக்கு உம்மாவையும் வாப்பாவையும் நீங்கதான் கூட்டிட்டு வரணும். ரெண்டு பேரையும் பக்கத்துல நிக்க வெச்சு நான் ஒரு தடவை பாக்கணும்.

மும்தாஜ்