முகமில்லாத படகுக்காரனுக்கு நீ கொடுத்த குரல்

என் அன்புச் சரோஜாவுக்கு, உன் ராத்தாவின் சலாம். நீ இப்போது இருக்கும் இடத்தில் நுளம்புக் கடி இல்லாமல் இருக்கட்டும். இங்கே கரைத்தீவில் மழைக்குப் பிறகு அது கூடிவிட்டது. கதவைத் திறந்தால் சொந்தக்காரரைப் போல உள்ளே வந்துவிடுகிறது.

நீ போன பிறகு நம் பாலர் பாடசாலையின் டீவியை நான் தொடவே இல்லை. போன வியாழக்கிழமைதான் அதை மூடியிருந்த துணியை எடுத்தேன். அன்று நடந்ததை உன்னிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்வது?

கொஞ்சம் பொறு. இது பத்திரிகையில் வரப்போகிற கடிதம். உன்னைத் தெரியாதவர்களும் வாசிப்பார்கள், அவர்களுக்கும் நாலு வார்த்தை சொல்லிவிடுகிறேன். சரோஜா உடப்பு ஊர்ப் பெண், கரைவலைக்காரரின் மகள். வடக்கிலிருந்து ஒரே நாளில் கிளம்பச் சொல்லி அனுப்பப்பட்டு எங்கள் ஊரில் கொட்டில் போட்டுக்கொண்ட முஸ்லிம் சனங்களின் பிள்ளைகளுக்கு அவளும் நானும் படிப்பித்தோம். வார நாட்களில் எங்கள் வீட்டில் தங்குவாள். என்னை ராத்தா என்றுதான் கூப்பிடுவாள். என் சொந்தத் தங்கச்சிகூட அப்படி வாய் நிறையக் கூப்பிட்டதில்லை.

அந்த டீவியும் டெக்கும் வந்த நாள் நினைவிருக்கிறதா? பிள்ளைகளுக்கென்று யாரோ புண்ணியவான்கள் கொடுத்துவிட்டுப் போனார்கள். கூடவே ஒரு பெட்டி நிறையக் கார்ட்டூன் படக் கசட்டுகள். அத்தனையும் இங்கிலீஸ். பள்ளிவாசல் ஜெனரேட்டரைக் கேட்டோம். வியாழக்கிழமை காலையில் எடுக்கலாம், பாட்டு வந்தால் மட்டும் சத்தத்தைக் குறைத்துவிடுங்கள் என்றார் பள்ளிவாசலைப் பார்க்கும் மரைக்கார். நீ சத்தத்தை முழுதாகவே குறைத்துவிட்டு டீவிக்குப் பக்கத்தில் நின்று கதைக்கத் தொடங்கினாய். கரடிக்கு ஒரு குரல், குருவிக்கு ஒரு குரல், மரத்துக்கும் ஒரு குரல். உனக்கு அந்தக் கலை எங்கேயிருந்து வந்தது என்று நான் கடைசிவரை கேட்கவில்லை.

நம் பிள்ளைகள் லேசுப்பட்டவர்களா? படத்தில் குட்டி யானை ஒன்று பூவைச் சூடிக்கொண்டு ஆடியபோது, "டீச்சர், இவர் எங்கட வேலிய உடைக்கிறல்லயா?" என்று ஒருத்தன் கேட்டான். முந்தின கிழமைதான் வில்பத்துக் காட்டிலிருந்து வந்த யானை அவர்கள் வீட்டுத் தென்னங்கன்றைப் பிடுங்கிப் போட்டிருந்தது. பனி மலைப் படம் ஒன்றில் நாய் பிள்ளையின் கட்டிலில் ஏறி முகத்தை நக்கியபோது வகுப்பே "சீ" என்று கத்தியது. "நாய் நக்கினா ஏழு தரம் கழுவணும் டீச்சர், ஒரு தரம் மண் போட்டு!" நீ கொஞ்சமும் தயங்கவில்லை. அந்தப் பிள்ளை இப்போது கிணற்றடிக்குப் போகிறான் என்று சொல்லிவிட்டாய். பனி மலையில் கிணறு எங்கே என்று நான் சிரித்துச் செத்தேன்.

படம் முடிந்து டீ குடிக்கும்போதுதான் உன் உண்மையான கதை வரும். "ராத்தா, இந்தப் படங்கள்ல அப்பன் சொல்லுக் கேக்காத பிள்ளைக்குத்தான் கடைசில கைதட்டு. கவனிச்சீங்களா?" என்பாய். காட்டில் புலியும் மானும் கூட்டாளி, பசி என்ற ஒன்று யாருக்குமே இல்லை, கெட்டவன் என்றால் அது மனிதன்தான் என்பாய். "மிருகத்துக்கு இரக்கப்படப் பிள்ளைக்குச் சொல்லித்தாறது நல்லதுதான். ஆனா அந்த மனுசன் ஏன் அங்க வந்தான் எண்டு ஒருத்தரும் சொல்றாங்க இல்லையே?" உன் கேள்விக்கு நான் பாணை டீயில் தொட்டுத் தின்றுகொண்டே தலையாட்டுவேன். அந்தக் கேள்வி நம் வாசலுக்கே வரும் என்று யார் கண்டது?

அந்த மீன் படத்தைப் போட்டது ஆடி மாதத்தில். ஒரு குட்டி மீன், அதன் உம்மா, ஒரு பகிடிக்கார நண்டு. கடல் கண்ணாடி போல நீலம், நம் களப்புத் தண்ணீரின் சேற்று நிறம் மருந்துக்கும் இல்லை. நடுவில் ஒரு படகு வரும். படகில் ஒரு மனிதன். அவனுக்கு முகமே கிடையாது. காலில் போட்ட சப்பாத்தும் நிழலும் மட்டும்தான். வலையை வீசி உம்மாவையும் குட்டியையும் அள்ளுவான். நண்டு வலையை வெட்டி அவர்களைக் காப்பாற்றும். பிள்ளைகள் அழுது தீர்த்தார்கள், நாமும் சந்தோசமாக டீவியை மூடினோம்.

இரண்டு நாள் கழித்துக் கபூர் நானா வாசலில் வந்து நின்றார். அவருடைய மகள் ரிஸ்வானா நம் வகுப்பில் முன் வரிசைக்காரி. வடக்கில் தன் ஊரில் சொந்த வள்ளம் வைத்திருந்த மனிதர், இங்கே இன்னொருவரின் வள்ளத்தில் கூலிக்குப் போகிறார். கோபத்தோடு வருகிறார் என்று நான் பயந்தேன். அவர் கோபப்பட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"டீச்சர், எண்ட மகள் என்னைக் கண்டா ஒதுங்குறா. சோறு ஊட்டப் போனா, இது மீனுட உம்மாவப் புடிச்ச கை எண்டு தட்டிவிடுறா. ஊரும் போச்சு, வள்ளமும் போச்சு. இவளும் போனா எனக்கு என்ன இரிக்கி?" என்றார். பிறகு உன்னைப் பார்த்து மெதுவாக, "நீங்களும் மீன விட்டுட்டீங்களாம். சரோ டீச்சரே சாப்பிடல்ல எண்டு சொல்றா" என்றார்.

நீ தலையில் கைவைத்துக்கொண்டாய். உங்கள் ஊர்த் திரௌபதை அம்மன் கோயில் திருவிழாவுக்கு நீ விரதம் பிடித்திருந்த நாட்கள் அவை. சாப்பாட்டு வேளையில் நீ பருப்பும் கீரையும் தின்பதைப் பார்த்த பிள்ளை, டீச்சரும் படம் பார்த்துத் திருந்திவிட்டார் என்று முடிவு கட்டியிருக்கிறாள். ரிஸ்வானாவை மடியில் வைத்து, "அது அம்மனுக்குப் பிடிக்கிற விரதம் மகள். திருவிழா முடிஞ்சா முதல் வேலையே மீன் குழம்புதான்" என்று விளக்கினாய். அவள் யோசித்தாள். "அப்ப மீன் பாவம் எண்டு உங்கட அம்மனுக்கும் தெரிஞ்சிரிக்கி" என்றாள். வாயாடி சரோஜாவையே மடக்கிய ஆளை நான் அன்றுதான் பார்த்தேன்.

அன்று பின்னேரம் நீ டீயையே தொடவில்லை. "ராத்தா, உங்கட ஆக்கள் வலை போடக்குள்ள என்ன சொல்லுவாங்க?" என்று கேட்டாய்.

"பிஸ்மில்லாஹ் சொல்லித்தான் போடுவாங்க."

"நான் சொன்னாக் குத்தமா?"

"அல்லாஹ்ட பேரைச் சொல்றதுக்கு ஆருட்டப் பாஸ் எடுக்கணும் புள்ள? கடலுக்குப் போகத்தான் நேவிக்காரன் பாஸ் கேக்கிறான்" என்றேன்.

அடுத்த வியாழன் அதே படத்தைத் திரும்பப் போட்டாய். படகு வந்தது, சப்பாத்து வந்தது. முதல் தடவை நீ அந்த இடத்தில் ஒன்றும் கதைத்திருக்கவில்லை. படத்திலும் அவனுக்குப் பேச்சு இல்லை. இந்தத் தடவை குரலைத் தடிப்பாக்கிக்கொண்டு, "பிஸ்மில்லாஹ். யா அல்லாஹ், வீட்டுல எண்ட மகள் பசியோட இரிக்கிறா. எண்ட பங்க மட்டும் தா" என்றாய். நண்டு வலையை வெட்டி மீன்கள் ஓடும்போதும் நீ அவனைத் திட்டவில்லை. "சரி, போங்க. அது உங்கட பங்கு" என்றான் உன் படகுக்காரன். ரிஸ்வானா திரையை விட்டுவிட்டு உன் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு கிழமைக்குள் அவள் வாப்பாவின் கையால் சோறு வாங்கினாள். மீனை மட்டும் ஓரமாக ஒதுக்கிவைத்தாளாம். அது போதும் டீச்சர், அது போதும் என்று கபூர் நானா நம் வேலிப் படலையில் நின்று சொன்னபோது உனக்குக் கண் கலங்கிவிட்டது. அது புகை என்று எனக்கே பொய் சொன்னாய்.

அதற்குப் பிறகு கார்த்திகை மழை, உன் காய்ச்சல், புத்தளம் ஆஸ்பத்திரி. அதையெல்லாம் நீ அறிவாய். உன் செத்த வீட்டுக்கு உடப்புக்கு வந்து உன் அம்மாவின் பக்கத்தில் இருந்தேன். அவர் என் கையை விடவே இல்லை. எனக்குக் கோபம் வந்தது சரோ, இப்போதும் வருகிறது. இத்தனை குரல் வைத்திருந்தவள் ஒரு வார்த்தை சொல்லாமலா போவது?

இனிப் போன வியாழன். பிள்ளைகள் தினமும் கேட்டுக் கேட்டு என்னைக் கரைத்துவிட்டார்கள். அவர்கள் கேட்டதும் அதே மீன் படம்தான். நான் உன் இடத்தில் நின்றேன். குட்டி மீன் எப்படியோ வந்தது. என் நண்டு உன் நண்டைப் போல இல்லை என்று புகார் சொன்னார்கள், பொறுத்துக்கொண்டேன். படகு வந்தது. சப்பாத்தைக் கண்டதும் உன் படகுக்காரனின் குரல் நினைவுக்கு வந்து, சொல்ல வேண்டியதை விட்டுவிட்டேன். ஜெனரேட்டர் சத்தம் மட்டும் கேட்கிறது, பிள்ளைகள் என்னையே பார்க்கிறார்கள்.

"பிஸ்மில்லாஹ்" என்று பின்னாலிருந்து ஒரு குரல். கபூர் நானா! அன்று பாஸ் கிடைக்காததால் கடலுக்குப் போகாமல் மகளைக் கூட்டிப்போக வந்து, சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு கதவோரம் நின்றிருக்கிறார். "டீச்சர், இந்த மனுசனுக்கு நான் கதைக்கிறன்" என்று முன்னால் வந்தார். உன் வசனத்தை ரிஸ்வானா வீட்டில் சொல்லிக் காட்டியிருக்க வேண்டும். வலை விழுந்தது. நான் குட்டி மீனுக்காக வாயைத் திறக்குமுன் ரிஸ்வானா எழும்பிவிட்டாள்.

"வாப்பா, நான் சின்னது. என்னை விடுங்க. உம்மாவையும் விடுங்க" என்றாள் திரையைப் பார்த்து.

படத்தில் நண்டு இன்னும் வந்து சேரவில்லை. கபூர் நானா அதுவரை பொறுக்கவில்லை. "போ மகள். உம்மாவையும் கூட்டிட்டுப் போ" என்று சொல்லிவிட்டார். கதவடியில் நின்ற இன்னொரு பிள்ளையின் வாப்பா சும்மா இருப்பாரா? "எல்லாத்தையும் விட்டுட்டு வெறும் வள்ளத்தோட வீட்டுக்குப் போய் என்னத்த ஆக்கப் போறீங்க நானா?" என்று பகிடி பண்ணினார். எல்லோரும் சிரித்தார்கள். கபூர் நானா சாரத்தின் முடிச்சை இறுக்கிக்கொண்டார். பாஸ் இல்லாத நாளில் அவர் வீட்டு அடுப்பில் என்ன இருக்கும் என்று அவருக்குத் தெரியும், எனக்கும் தெரியும்.

ரிஸ்வானா திரும்பினாள். இப்போது அவள் மீன் இல்லை. வாப்பாவின் விரலைப் பிடித்துக்கொண்டு, "பரவால்ல வாப்பா. இண்டைக்கு நாம பருப்பு சாப்பிடுவம்" என்றாள்.

நான் டீவியின் பின்னால் போய் வயரைச் சரிபார்ப்பதுபோல நின்றேன். மீதிப் படத்துக்கு யார் குரல் கொடுத்தார்கள் என்று எனக்குத் தெரியாது. பிள்ளைகளே கொடுத்திருப்பார்கள்.

இந்தக் கிழமை நேவிக்காரன் கடலைத் திறந்துவிட்டான், கபூர் நானா மீன் பிடிக்கப் போய்விட்டார். இனி வரும் வியாழக்கிழமைகளில் உன் இடத்தில் நான்தான் நிற்பேன். என் நண்டு நன்றாக இல்லாவிட்டாலும் நிற்பேன். அந்தப் படகு வரும்போது உன் நினைவு வந்தாலும், அதிலுள்ளவனை ஊமையாகப் போகவிட மாட்டேன். இது சத்தியம், சரோ.

உன்னோடு பிறக்காத, உன்னை விட்டால் வேறு தங்கச்சி தேடாத ராத்தா,
ஜெசீமா