இருபது வருஷம் பின்னால் நிற்கும் பெட்டி

மாப்பிள்ளை,

நேற்றிலிருந்து உன் பெட்டி என் மேசைமேல் மினுக்கிக்கொண்டிருக்கிறது. அணைத்து வைத்தால் மனசு ஒரு இடத்தில் நிற்க மாட்டேன் என்கிறது. போட்டு வைத்தால் அதைவிட மோசம். பையிலிருந்து எடுத்தபோதே டீசலும் உப்பும் கலந்த உன் பட்டறை வாசம் வந்துவிட்டது. எழுந்து வாசல்வரை போனேன், திரும்பி வந்தேன், தாகம் இல்லாமலே தண்ணீர் குடித்தேன். திரையில் அதே பழைய தேதி. நம் இரண்டு பேருக்கும் முடி கறுப்பாக இருந்த காலத்துத் தேதி.

படகில் வழி காட்டுகிற ஜி.பி.எஸ். பெட்டிதான் இது. ஆனால் அப்படிச் சொன்னால் அதற்கு மரியாதை இல்லை. கோட்டைப்பட்டினத்தில் நீ படகு இன்ஜின் பார்த்துக்கொண்டிருந்தாய். நான் அங்கே மீன் எடுத்து லோடு ஆட்டோவில் அறந்தாங்கி மார்க்கெட்டுக்குக் கொண்டுபோய்க்கொண்டிருந்தேன். நீ ஏழாவதோடு நின்றவன். நான் ஏழாவதை இரண்டு தடவை படித்தவன். ஆகவே படிப்பில் உன்னைவிட ஒரு வருஷம் கூட என்று எத்தனையோ முறை சொல்லியிருக்கிறேன், நீதான் ஒத்துக்கொள்ளவில்லை. யாரோ ஒரு படகுக்காரர் வேண்டாம் என்று போட்டுவிட்டுப் போன பெட்டியை நீ பிரித்துத் துடைத்து பேட்டரியில் மாட்டினாய். உயிர் வந்தது. தேதி மட்டும் இருபது வருஷம் பின்னால் நின்றது.

"என்ன மாப்ள இது?"

"பெட்டி பின்னாடி போயிருச்சு மச்சான். நாமதான் வெவரமில்லாம முன்னாடி வந்துட்டோம்."

கையைத் துடைத்துக்கொண்டே விளையாட்டாகச் சொன்னாய். எனக்கு அது போதாதா? அன்று சாயங்காலமே அறந்தாங்கி டீக்கடையில் கதை புறப்பட்டது. பனிமூட்டத்தில் அந்தப் பெட்டியோடு நாம் கடலுக்குள் போனோம். திரும்பி வந்தால் கரையில் செல்போன் டவரைக் காணவில்லை. நம்மைப் போலவே இரண்டு பேர் கரையில் நின்று நம்மையே பார்க்கிறார்கள், அதில் ஒருவனுக்கு உன் பழைய மீசை. பக்கத்து செல்போன் கடைக்காரர், அந்தக் காலத்துப் பெட்டிகளில் அப்படி ஒரு கணக்குப் பிசகு வரும் என்றார். பிசகுகிற பெட்டி முன்னால் பிசகாமல் ஏன் பின்னால் பிசக வேண்டும் என்று கேட்டேன். அவர் ஏதோ பதில் சொன்னார். அதற்குள் டீ வந்துவிட்டது.

கதை எனக்கு முன்னால் ஓடியது. விற்றுவிட்ட மாட்டை இன்னொரு தடவை பார்க்க முடியுமா என்று குன்றாண்டார்கோவிலிலிருந்து ஒருவர் பஸ் மாறி மாறி உன் பட்டறைக்கே வந்துவிட்டார். அவருக்கு டீ வாங்கிக் கொடுத்து, மாட்டைப் பற்றி ஒரு மணி நேரம் பேசவிட்டு அனுப்பினாய். பிறகு என் பக்கம் திரும்பினாய்.

"காலத்தத் திருப்பத்தான் பெட்டி வேணும் மச்சான். கதையத் திருப்ப ஒங்க வாயே போதும்."

அன்றிலிருந்து என் கதைகளுக்கு நீ பாயிண்ட் போட ஆரம்பித்தாய். வலை கிழிக்கிற பாறை கிடக்கும் இடத்தில் படகுக்காரர்கள் பெட்டியின் பட்டனை அமுக்கி ஒரு பாயிண்ட் குறித்து வைப்பார்கள், மறுமுறை ஒதுங்கிப் போக. நல்ல மீன் பட்ட இடத்திலும் அமுக்குவார்கள், திரும்பி வர. நீ எனக்குப் போட்டதெல்லாம் பாறைதான். அலை பனைமர உயரம் என்று நான் ஆரம்பித்தால் உன் கட்டைவிரல் பட்டனுக்குப் போகும். "இங்க கல்லு கெடக்கு மச்சான். அங்கிட்டு ஒதுங்கிப் போங்க." உன்னை அத்தா அத்தா என்று சுற்றிவரும் உன் மகள் அப்போது சின்னப்பிள்ளை. அவள் மட்டும்தான் ஒதுங்காமல் என்னோடு வந்தவள். பெட்டியைக் காதில் வைத்து, பழைய அலைச் சத்தம் கேட்கிறது என்பாள்.

நாம் மச்சான் மாப்பிள்ளை என்றே கூப்பிட்டுப் பழகியதில் அவளுக்கு நான் மாமா. கல்யாணமாகி ஷார்ஜா போன பிறகும் அப்படித்தான். உனக்கு மூச்சு வாங்க ஆரம்பித்து, புதுக்கோட்டை ஆஸ்பத்திரியில் சேர்த்து, அங்கேயே நீ முடிந்தபோது அவளுக்கு வர வழியில்லை. உன் பக்கத்தில் நான்தான் இருந்தேன். அவளிடம் போனில் என்ன சொல்வது? அத்தா ஒன் பேரச் சொல்லிக் கூப்பிட்டாக என்றேன். அவள் வீட்டுக்காரரிடம், சிரித்த முகமாகப் போனார் என்றேன். டீக்கடையில் கேட்டவர்களிடம், ஜன்னல் வழியாகக் கடலைப் பார்த்துக் கை அசைத்தார் என்றேன். புதுக்கோட்டையிலிருந்து கடல் தெரியாது என்று ஒருவரும் சொல்லவில்லை. பாயிண்ட் போட ஆள் இல்லை, மாப்பிள்ளை.

நேற்று அவள் வந்தாள். சாப்பிடச் சொன்னேன், உட்காரச் சொன்னேன், எதுவும் காதில் விழவில்லை. பையிலிருந்து பெட்டியை எடுத்து என் முன்னால் வைத்தாள்.

"இத அந்த நாளுக்குத் திருப்புங்க மாமா. நான் இல்லாத நாளுக்கு."

"அதான் போன்ல சொன்னனே ஆத்தா."

"எங்கிட்ட ஒண்ணு சொன்னீங்க, அவங்ககிட்ட ஒண்ணு சொன்னீங்க. கடைத்தெருவுல கேட்டா கையசைச்சாகங்குறாங்க. எனக்கு ஒரே ஒரு அத்தாதான மாமா. கடைசியா என்ன சொன்னாக?"

அந்தக் கேள்விக்கு என்னிடம் இருந்த பதிலை நினைத்து எனக்கு வேர்த்துவிட்டது. அது அவ்வளவு சின்னது. கடல் கடந்து வந்த பிள்ளை கையில் கொடுக்கிற சாமானா அது? நண்டைச் சுறாவாக ஆக்குகிற வாய் எனக்கு, ஆனால் அதைப் பெரிதாக்கத் தெரியவில்லை. எழுந்தேன், உட்கார்ந்தேன். அவள் விரல் பட்டன் பக்கத்தில் இருந்தது. உன் விரல் மாதிரியே, நுனி தட்டையாக.

"ஃபேனக் கொஞ்சம் கொறைங்க மச்சான்னாரு. கொறைச்சேன். கண்ண மூடிக்கிட்டாரு. அதுக்கப்புறம் பேசல. அம்புட்டுத்தான் ஆத்தா."

நான் அழுகைக்குத் தயாராக இருந்தேன். அவள் முதலில் சிரித்தாள். அழுதது அதற்குப் பிறகுதான்.

"நான் அஞ்சுல வப்பேன். அவுக எந்திரிச்சு வந்து ரெண்டுல வச்சுட்டுப் போவாக. கல்யாணத்துக்கு மொத நாளு வரைக்கும் எங்களுக்கு அதுதான மாமா சண்ட."

பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு அந்தப் பட்டனை அமுக்கினாள். "கல்லா ஆத்தா?" என்று கேட்டேன்.

"இல்ல மாமா. திரும்பி வர்ற எடம்."

பெட்டியை என்னிடமே விட்டுவிட்டுப் போனாள். இன்று காலையில் டீக்கடையில் உன் கதையைக் கேட்டார்கள். பனிமூட்டத்தில் போன கதையை நன்றாகவே சொன்னேன், கரையில் நின்றவர்களோடு இந்தத் தடவை ஒரு நாயும் சேர்ந்துகொண்டது. கதை ஆஸ்பத்திரிக்கு வந்ததும் ஒரு கடற்காகம் ஜன்னலில் உட்காரப் பார்த்தது. என்ன வெள்ளை, என்ன அழகு, சொல்லியிருந்தால் கடையே வாயடைத்துப் போயிருக்கும். நான் விரட்டிவிட்டேன். வாய் இன்னும் அரித்துக்கொண்டுதான் இருக்கிறது.

இங்கே ஃபேன் காற்றில் இந்தத் தாள் படபடக்கிறது, ஒரு வரி நேராக எழுத விட மாட்டேன் என்கிறது. கொஞ்சம் இரு மாப்பிள்ளை, எழுந்து போய் இரண்டில் வைத்துவிட்டு வருகிறேன்.