செல்வத்துக்குத் தெரியாத சைகை

ஜூலை 12, வெள்ளி

தூக்கமே வரவில்லை. கரியாலூர் பஸ்ஸில் இன்று கண்டக்டராக வந்தவன் செல்வம்! பள்ளியில் என் காது மெஷினைப் பிடுங்கிப் பந்தாடியவன். பள்ளி வாசலில் அம்மாவும் நானும் பேசிக்கொள்ளும் சைகைகளை அப்படியே செய்துகாட்டி வகுப்பையே சிரிக்க வைத்தவன். முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

அவன் முன்னால் வந்து நின்று, சாப்பிட்டியா, எங்கே இறங்கணும் என்று கையாலேயே கேட்டான். எங்கள் சைகை! அம்மா போனபிறகு யாருமே என்னிடம் பேசாத சைகை! கேலிக்காகப் பழகியது ஒன்றுகூடப் பிசகவில்லை. என் கை தானாக எழுந்து பதில் சொன்னது.

இறங்கும்போது அவன் வாயைத்தான் படித்தேன். "மன்னிச்சிக்கன்றதுக்கு கைய எப்டி காட்டணும்? நீ செஞ்சி நான் பாத்ததே இல்லியே."

எப்படிப் பார்த்திருப்பான்? தப்பு செய்தவன் அவனல்லவா!

சொல்லித்தராமல் இறங்கிவிட்டேன். நாளைக்கும் அதே பஸ்தான். இன்னொரு தரம் கேட்கட்டும்!